நூலகப் பட்டியல் கணினிக்கு மாறும்போது எங்கே சிக்குகிறது? அனுபவப் பகிர்வு

தொடக்கப் பதிவு

கார்டுப் பெட்டியையும் வரவுப் பதிவேட்டையும் விட்டுக் கோஹா என்ற நூலக மென்பொருளுக்கு மாறும் நூலகங்கள் கூடிக்கொண்டே வருகின்றன. மென்பொருளுக்குக் காசில்லை, நிறுவுவதும் பெரிய வேலை இல்லை. அதற்குப் பிறகுதான் தலைவலி: அலமாரியில் இருக்கும் தமிழ்ப் புத்தகம் தேடலில் வராது. வேலையில் பட்டுத் தெரிந்துகொண்டதை எழுதுங்கள்.

பட்டியலாக்கப் பிரிவிலிருந்து

ஔவையாரைத் தேடிப் பாருங்கள், நிலைமை புரிந்துவிடும். ‘ஔவையார்’ என்று தட்டினால் ஒரு பட்டியல் வரும், ‘ஒளவையார்’ என்று தட்டினால் வேறொரு பட்டியல். முதலாவதில் இருப்பது ஔ என்ற ஒரே எழுத்து. இரண்டாவதில் ஒ, ள என்று இரண்டு எழுத்துகளைப் பக்கத்தில் பக்கத்தில் தட்டியிருக்கிறார்கள். கண்ணுக்கு வித்தியாசமே தெரியாது, கணினிக்கு இரண்டும் வேறு வேறு சொல். கௌரி–கெளரி, மௌனம்–மெளனம் எல்லாம் இதே கதைதான்.

ொ, ோ இரண்டிலும் இன்னொரு வகைச் சிக்கல். ஒரே குறியாகவும் வரும், கொம்பும் காலும் தனித்தனிக் குறியாகச் சேர்ந்தும் வரும். இதை ஒருங்குறி இயல்பாக்கம் (ஒரே எழுத்தின் வெவ்வேறு குறியீடுகளை ஒரே வடிவமாக்கும் வேலை) ஒரே ஓட்டத்தில் சரிசெய்துவிடும். ஆனால் ‘ஒள’வை அது தொடாது, நாம்தான் தேடி மாற்ற வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு மாற்றினால் ‘ஒளி’ கெடும், ‘கெளுத்தி மீன்’ கெடும். ளகரத்தை அடுத்து உயிர்க்குறியோ புள்ளியோ இருந்தால் விட்டுவிடு என்று விதி எழுதி, மிச்சத்தைக் கண்ணால் பார்த்துத் திருத்துவதே பாதுகாப்பு.

கோஹாவில் ஜீப்ரா தேடுபொறி வைத்திருப்பவர்கள் முதல் நாளே ஒருங்குறி எழுத்துகளைக் கையாளும் ஐசியு முறையைத் தேர்ந்தெடுங்கள். இயல்பாக வருகிற எழுத்து அட்டவணை தமிழுக்கு உதவாது. மாற்றிய பிறகு தேடல் அட்டவணையை (இன்டெக்ஸ்) முழுவதுமாக மறுபடி கட்டவும் வேண்டும். பலர் அமைப்பை மட்டும் மாற்றிவிட்டு, தேடல் சரியாகவில்லையே என்று தவிக்கிறார்கள்.

ஆசிரியர் பெயர் அடுத்த பள்ளம். உ.வே.சாமிநாதையர், சாமிநாத ஐயர் உ. வே., சுவாமிநாதையர் என்று ஒரே மனிதர் மூன்று பேராகப் பதிவாவார். ஆளுக்கொரு அதிகாரப் பதிவு (ஒருவர் பெயரின் எல்லா வடிவங்களையும் இணைக்கும் பதிவு) உண்டாக்கி, அதன் மார்க் வடிவத்தில் நூலகம் ஏற்ற வடிவத்தை 100ஆம் புலத்திலும் மற்ற வடிவங்களை 400ஆம் புலத்திலும் போடுங்கள். தமிழ்ப் பெயரில் முன்னெழுத்து குடும்பப் பெயர் அல்ல. பெயர் முதலில், முன்னெழுத்து பின்னால் என்று ஒரே ஒழுங்கு வேண்டும்.

தரவு மாற்றம் பார்ப்பவர்

மேலே சொன்னது எல்லாம் தரவு உள்ளே போன பிறகு. பாதி சேதம் அதற்கு முன்பே எக்செலில் நடந்துவிடுகிறது. 00457 என்ற வரவு எண் (வரவுப் பதிவேட்டில் புத்தகத்துக்குத் தரும் எண்) 457 ஆகிவிடும், அப்புறம் ஒட்டிய பார்கோடு பொருந்தாது. 13 இலக்க ஐஎஸ்பிஎன் 9.78E+12 போன்ற அடுக்குக்குறி வடிவத்துக்கு மாறும். அந்த நிலையில் சிஎஸ்வியாகச் சேமித்தால் கடைசி இலக்கங்கள் போனது போனதுதான், திரும்பக் கிடைக்காது. தட்டத் தொடங்கும் முன்பே அந்த இரண்டு நெடுவரிசைகளையும் ‘டெக்ஸ்ட்’ என்று மாற்றிவிடுங்கள். சேமிக்கும்போது யூடிஎஃப்-8 தேர்ந்தெடுக்காவிட்டால் தமிழ் முழுக்கக் கேள்விக்குறியாகும்.

பழைய கோப்பு ஒருங்குறி அல்லாத பாமினி எழுத்துருவில் இருந்தால் இன்னும் கவனம். தலைப்பு பாமினியில் இருக்கும், பதிப்பகம் ஆங்கிலத்தில் இருக்கும். மொத்தமாக எழுத்துரு மாற்றியில் போட்டால் ஆங்கிலப் பெயரும் படிக்க முடியாத தமிழாகிவிடும். நெடுவரிசை நெடுவரிசையாக மாற்றுங்கள். ஆயிரக்கணக்கில் ஏற்றும் முன் ஐம்பது பதிவுகளை மட்டும் ஏற்றி, பொதுத் தேடல் பக்கத்தில் பெயர் பெயராகத் தேடிப் பாருங்கள்.

மின்னாக்கம்

பழைய புத்தகத்தை 180 பாகைக்கு விரித்துக் கண்ணாடியில் அழுத்தினால் முதுகு உடையும். ‘வி’ வடிவத் தொட்டிலில் 90 முதல் 120 பாகைக்குள் வைத்து மேலிருந்து படமெடுக்க வேண்டும். ஏ5 அளவுப் பக்கம், அங்குலத்துக்கு 400 புள்ளி அடர்த்தி, முழு வண்ணம், சுருக்காத டிஃப் படக்கோப்பு என்றால் பக்கத்துக்குச் சுமார் 23 எம்பி. 200 பக்கத்துக்கு 4.6 ஜிபி. இந்தக் கணக்கைப் போடாமல் வன்தட்டு வாங்கி, பாதியில் மூலப்படியை அழித்துவிட்டுப் பிடிஎஃபை மட்டும் வைத்துக்கொள்வது மனம் நோகச் செய்கிற வேலை. அந்தத் தாள் இன்னொரு முறை படமெடுக்கத் தாங்காது.

பூச்சி அரித்த ஓட்டை வழியே அடுத்த பக்கத்து எழுத்து எட்டிப்பார்க்கும். படத்தில் அது இந்தப் பக்கத்து எழுத்தாகவே தெரியும், படத்திலிருந்து எழுத்தைப் படித்தெடுக்கும் எழுத்துணரியும் (ஓசிஆர்) சேர்த்துப் படித்துவிடும். ஒவ்வொரு தாளுக்கும் அடியில் ஒரு வெள்ளைத்தாளைச் செருகி எடுங்கள். கோப்புக்குப் பக்க எண்ணைப் பெயராக வைக்காதீர்கள். முன்னுரைக்குத் தமிழ் எண், நூலுக்கு வேறு எண், விளம்பரப் பக்கத்துக்கு எண்ணே இல்லை என்றிருக்கும். 0001 முதல் வரிசையாகப் போங்கள்.

1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முந்தைய அச்சில் லை, னை, ணா, றா எல்லாம் பழைய வடிவம். எழுத்துணரி அங்கே தடுமாறும், மெய்ப்புப் பார்க்க ஆள் ஒதுக்கியே ஆக வேண்டும்.

மூலப்படிகளில் ஒன்று வேறு ஊரில் இருக்கட்டும். 1981இல் எரிந்த யாழ்ப்பாண நூலகத்தில் வேறெங்கும் படி இல்லாத ஏடுகளும் போயின.

கிளை நூலகத்திலிருந்து

காலையில் கதவு திறந்ததும் வருபவர்களில் பெரும்பகுதி டிஎன்பிஎஸ்சி படிக்கும் பிள்ளைகள். அவர்களுக்கு வேண்டியது மேசை, பிளக் பாயின்ட், வைஃபை, நகலெடுக்கும் வசதி. பாடநூல் பிடிஎஃப் இணையத்தில் இலவசம்தான். ஆனால் கைபேசியில் நாள் முழுக்கப் படிக்க முடியாது. ஆறாம் வகுப்பு முதல் பாடநூல்கள் அச்சில் பல செட் வேண்டும்.

ஆர்எஃப்ஐடி (ரேடியோ அலையால் படிக்கும் அடையாள வில்லை) ஒட்டுபவர்களுக்கு ஒன்று. எல்லாப் புத்தகத்திலும் ஒரே இடத்தில் ஒட்டாதீர்கள். மெலிந்த கவிதைத் தொகுப்புகளைச் சேர்த்துப் பிடித்தால் வில்லைகள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்து, கருவி சிலவற்றைப் படிக்காது. முதுகை ஒட்டிய உள்ளட்டையில் மேலே, நடுவே, கீழே என்று மாற்றி மாற்றி ஒட்டுங்கள். இரும்பு அலமாரியின் தகட்டோரப் புத்தகமும் கணக்கெடுப்பில் விட்டுப்போகும்.

பார்வையற்ற வாசகர்களை மறந்துவிட்டு மின்னூலகம் என்று பெயர் வைப்பது சரியில்லை. இலவசமான என்விடிஏ திரைவாசிப்பு மென்பொருள் தமிழைப் படித்துக்காட்டும். ஆனால் வெறும் படமாக இருக்கும் பிடிஎஃபில் அதற்கு வாசிக்க எதுவும் கிடைக்காது, எழுத்தாக மாற்றியிருக்க வேண்டும். பதிப்புரிமைக்குப் பயந்து கைகட்ட வேண்டாம். இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 2012 திருத்தத்தின்படி, மாற்றுத்திறனாளிகள் படிப்பதற்கேற்ற படியை லாபமில்லாமல் உண்டாக்கித் தர உரிமையாளரிடம் அனுமதி வாங்க வேண்டியதில்லை. அந்தப் படி பொதுப் புழக்கத்துக்குப் போகாமல் பார்த்துக்கொள்வது மட்டும் நம் பொறுப்பு. உறுப்பினர் கணக்கில் தனி வகை வைத்து, அவர்களுக்கு மட்டும் கோப்பு திறக்கும்படி அமைத்துவிடலாம்.