ஐந்து நிமிடத்தில் பதின்மூன்று நிமிடத்துக்குப் பதில்: வாதப் போட்டியில் கடிகாரத்தை ஆளும் விதம்

பாலிசி டிபேட் பயிற்சி தருபவர்:

காலத்தை வளைத்து ஆடும் வாதப் போட்டி ஒன்று உண்டென்றால், அது அமெரிக்க உயர்நிலைப் பள்ளிகளில் நடக்கும் பாலிசி டிபேட்தான். தலைப்பை ஆதரிப்பது ஆதரவணி, மறுப்பது எதிரணி; அணிக்கு இருவர். முதல் சுற்றில் நால்வருக்கும் ஆளுக்கு 8 நிமிடம், ஒவ்வொரு பேச்சுக்கும் பிறகு 3 நிமிடக் குறுக்குக் கேள்வி. அடுத்து ஆளுக்கு 5 நிமிட மறுப்புரை. இதுவே 64 நிமிடம் ஆகிவிடும். இது போக ஒவ்வொரு அணியின் கையிலும் தயாரிப்பு நேரம் என்று ஓர் இருப்பு இருக்கும், வழக்கமாக 8 நிமிடம். அதை எந்தப் பேச்சுக்கு முன்னால் வேண்டுமானாலும், அரை நிமிடம் ஒரு நிமிடமாகக்கூட, எடுத்துச் செலவழிக்கலாம்.

ஆட்டத்தின் உயிர் நடுவில்தான் இருக்கிறது. எதிரணியின் இரண்டாமவர் 8 நிமிடம் பேசி முடித்ததும், இடையில் குறுக்குக் கேள்வி மட்டும் போக, அதே அணியின் முதலாமவர் 5 நிமிடம் பேசுவார். ஆக, தொடர்ச்சியாக 13 நிமிட வாதம். அதற்கு ஆதரவணியின் முதலாமவர் 5 நிமிடத்தில் பதில் சொல்லியாக வேண்டும். எதைத் தொடாமல் விட்டாரோ அதை ஒப்புக்கொண்டதாகவே நடுவர் எழுதிக்கொள்வார்.

எதிரணி செய்ய வேண்டியது வேலையைப் பிரித்துக்கொள்வது. இரண்டாமவர் பேசும் 8 நிமிடமும் அவரிடம் கேள்வி கேட்கும் 3 நிமிடமும் சேர்ந்து 11 நிமிடம் முதலாமவருக்கு இலவசம்; உட்கார்ந்து எழுதலாம், இருப்பில் கை வைக்கவே வேண்டாம். அதனால் நிறைய ஆதாரம் புரட்ட வேண்டிய வாதம் எதுவோ அதை அவர் தலையில் கட்டுங்கள். இருவரும் ஒரே வாதத்தைப் பேசினால் அந்த 11 நிமிடமும் தண்டம். அவர் எழுந்து “இன்னும் ஒரு நிமிடம் தயாரிப்பு” என்று கேட்டாலே நான் முகம் சுளிப்பேன். அந்த ஒரு நிமிடம் கடைசி மறுப்புரைக்குச் சேர வேண்டியது.

ஆதரவணியின் அந்த 5 நிமிடத்தை 300 வினாடியாக நினைப்பது நல்லது. ஒவ்வொரு வாதத்தையும் தனித் தாளில் குறித்துக்கொள்வது வழக்கம். எதிரணி நான்கு தாளில் நிற்கிறது என்று வையுங்கள்: தலைப்புக்குள் அடங்கவில்லை என்ற ஆட்சேபம், ஆதரவணியின் திட்டத்துக்கு மாற்றுத் திட்டம், அந்தத் திட்டத்தால் வரும் தீய விளைவு, ஆதரவணியின் மூல வாதத்துக்கு மறுப்பு. முறையே 45, 90, 90, 75 வினாடி. கடிகாரம் இறங்குமுகமாக ஓடும் என்பதால் முதல் தாளின் தலையில் 4:15, இரண்டாவதில் 2:45, மூன்றாவதில் 1:15 என்று சிவப்பில் எழுதிக்கொள்ளுங்கள். அந்த எண் வந்ததும் வாக்கியம் பாதியில் இருந்தாலும் அடுத்த தாள். தலைப்பு ஆட்சேபம் முதலில் வருவதற்குக் காரணம் உண்டு. அதில் தோற்றால் மற்ற மூன்றிலும் ஜெயித்துப் பயனில்லை.

பிரிட்டிஷ் பார்லிமெண்டரி வடிவில் பேசுபவர்:

எங்கள் பக்கம் இருப்பு என்ற பேச்சே கிடையாது. தலைப்பைச் சொன்னதும் 15 நிமிடம், அத்துடன் சரி. பக்கத்துக்கு இரண்டாக நான்கு அணி, எட்டுப் பேர், ஆளுக்கு 7 நிமிடம். 2014-ல் சென்னையில் நடந்த உலகப் பல்கலைக்கழக விவாதப் போட்டியும் இந்த வடிவம்தான்.

இங்கே நேரத்தைத் திருட வழி இடைக்கேள்வி. முதல் நிமிடமும் கடைசி நிமிடமும் பாதுகாப்பு. நடுவே உள்ள 5 நிமிடத்தில் எதிர்ப்பக்கத்தார் எழுந்து 15 வினாடி கேட்கலாம். கேட்கும்போது பேசுபவரின் கடிகாரம் நிற்காது! பதிலையும் சேர்த்தால் முக்கால் நிமிடம் பறந்துவிடும். ஒன்றுகூட ஏற்காமல் போனால் நடுவர்கள் குறையாக எடுத்துக்கொள்வார்கள். எனவே ஒன்றை ஏற்றுக்கொள்ளுங்கள், ஆனால் ஒரு வாதம் முழுதாக முடிந்து அடுத்தது தொடங்காத இடத்தில். நாலாவது நிமிடம் வசதி. ஐந்தரையில் ஏற்றால் இரண்டாவது வாதத்தின் விளைவைச் சொல்லாமலே உட்கார வேண்டிவரும். வேண்டாம் என்பதற்குக் கையசைப்பு போதும். “மன்னிக்கவும், இப்போது ஏற்பதற்கில்லை” என்று ஐந்து முறை சொன்னால் அதிலேயே 15 வினாடி கரையும்.

நேரம் பார்ப்பவர்:

ஃபோனில் டைமர் வைக்காதீர்கள், ஸ்டாப்வாட்ச் வையுங்கள். டைமர் 7:00-இல் அலறி, பேசுபவரை அப்படியே நிறுத்திவிடும். ஃபிளைட் மோடு கட்டாயம். திரை தானாக அணைவதையும் நிறுத்துங்கள். பிரிட்டிஷ் வடிவில் 1:00, 6:00 இரண்டிலும் ஒரு தட்டு, 7:00-இல் இரண்டு தட்டு, 7:15 முதல் விடாமல் தட்டல். 7:15-க்கு மேல் சொன்னது கணக்கில் வராது. இணைய வழிப் போட்டியில் மேசையைத் தட்டினால் ஜூம் அதை இரைச்சல் என்று வடிகட்டிவிடும். வாயால் “ஒன்று”, “ஆறு” என்று சொல்லுங்கள்.

பாலிசி டிபேட்டில் தகராறு பெரும்பாலும் தயாரிப்பு நேரத்தில்தான். வாசிக்கப்போகும் ஆதாரக் கோப்பை மற்ற அணிக்கு மின்னஞ்சலில் அனுப்பும் நேரத்தைப் பல நடுவர்கள் கணக்கில் சேர்ப்பதில்லை. அந்த இடைவெளியில் அணி சத்தமில்லாமல் எழுதிக்கொண்டே இருக்கும். கோப்பு போகும்வரை எல்லோர் கையும் விசைப்பலகையை விட்டு விலகியிருக்க வேண்டும் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். ஒவ்வொரு முறை நிறுத்தும்போதும் மீதியை உரக்கச் சொல்லி இரு அணியையும் குறிக்க வையுங்கள். ஆவணத்துக்காகக் கடிகாரத்தை நிறுத்தலாமா என்பது பழைய வழக்கு. பண்டைய ஏதென்ஸ் நீதிமன்றத்தில் பேச்சை அளந்தது நீர்க்கடிகாரம். தனியார் வழக்குகளில் எழுத்தர் சட்டத்தையோ சாட்சியத்தையோ வாசிக்கும்போது நீர் வழியை அடைத்துவிடுவார்கள். அங்கே அகழாய்வில் கிடைத்த மண்கலம் ஒன்று 6.4 லிட்டர் கொள்ளும். காலியாக ஏறக்குறைய 6 நிமிடம்.

பாலிசி டிபேட் நடுவர்:

வேகமாகப் பேசினால் நேரம் பெருகும் என்று பிள்ளைகள் நிமிடத்துக்கு 300 சொல்லுக்கு மேல் போகிறார்கள். அது தவறில்லை. ஆதார வரிகளை எவ்வளவு வேகமாக வேண்டுமானாலும் வாசிக்கலாம். வாதத்தின் தலைப்பு வரியையும், ஆதாரத்தை எழுதியவர் பெயரையும் ஆண்டையும் நிதானமாகச் சொல்ல வேண்டும். தாளில் நான் எழுதுவது அவற்றைத்தான். பல்லுக்கிடையே பேனாவைக் குறுக்கே கவ்விக்கொண்டு வாசிக்கும் பயிற்சியைத் தினமும் சில நிமிடம் செய்தால் உச்சரிப்பு தெளியும். மூச்சு வாங்கும் சத்தம் கேட்டால் வேகம் எல்லை மீறிவிட்டது என்று பொருள்.

ஒரு தாளிலிருந்து அடுத்த தாளுக்குப் போகும்போது, எந்தத் தாள் என்று சொல்லிவிட்டு ஒரு வினாடி நிறுத்துங்கள். நான்கு தாளுக்கு நான்கு வினாடிதான் செலவு. நிறுத்தாமல் போனால் அடுத்த தாளின் முதல் இரண்டு பதில்களை நான் தாளைத் தேடும் நேரத்தில் தவறவிடுவேன். பேசியும் பேசாத கணக்காகிவிடும்.