பறவைநாகமும் டிராகனும் ஒன்றுதானா?

முள்ளியவளை ஆசிரியை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். முல்லைத்தீவு மாவட்டத்தில் உள்ள ஒரு பாடசாலையில் தமிழும் வரலாறும் கற்பிக்கிறேன். எங்கள் தரம் 8 மாணவர்கள் உலகத் தொன்மங்களில் வரும் பாம்புகளை வரைந்து, நூலகச் சுவரில் மாட்டுவதற்காக ஒரு காட்சிப் பலகை தயாரித்து வருகிறார்கள். படங்கள் முடிந்துவிட்டன. அவற்றின் கீழே எழுத வேண்டிய பெயரில்தான் வேலை இரண்டு கிழமையாக நின்றுபோயிருக்கிறது.

சீனத்தின் லொங், வேல்ஸ் நாட்டுக் கொடியில் உள்ள சிவப்பு விலங்கு, பாபிலோனின் இஷ்தார் வாயிற்சுவரில் நிற்கும் முஷ்குஷ்ஷு ஆகிய மூன்றையும் ஆங்கில நூல்கள் டிராகன் என்ற ஒரே சொல்லால் அழைக்கின்றன. அதற்குத் தமிழாகப் "பறவைநாகம்" என்று எழுதுமாறு நானே சொல்லிக்கொடுத்தேன். மறுநாள் ஒரு மாணவி சீனப் படத்தைக் காட்டி, "ரீச்சர், இதற்குச் சிறகே இல்லையே, இது எப்படிப் பறவைநாகம்?" என்று கேட்டாள். அவள் புதூர் நாகதம்பிரான் கோயில் பொங்கலுக்கு ஆண்டுதோறும் வீட்டாருடன் போய் வருகிறவள். "அப்படியென்றால் நாகதம்பிரானும் டிராகனா?" என்று அடுத்த கேள்வியையும் போட்டுவிட்டாள். இரண்டுக்கும் என்னிடம் ஒழுங்கான விடை இருக்கவில்லை.

எனக்குத் தெரிந்த சிறகுள்ள பாம்பு, என் அம்மம்மாவின் கதையில் வருவது மட்டுமே. எவரையும் தீண்டாமல் நெடுங்காலம் வாழ்ந்த நல்லபாம்பு வயது ஏற ஏற உடல் குறுகி, கடைசியில் ஒரு முழ நீளமாகிச் சிறகு முளைத்துப் பறக்கும் என்றும், நஞ்சு இறுகி உண்டான மாணிக்கத்தைக் கக்கி வைத்து அந்த ஒளியில் இரை தேடும் என்றும் அவர் சொல்லுவார். இதை வகுப்பில் சொல்லலாமா என்ற தயக்கமும் எனக்கு உண்டு.

சிறகு என்பது டிராகனுக்கு இன்றியமையாத அடையாளமா, பின்னர் வந்து ஒட்டிக்கொண்டதா? பலகையில் எந்தச் சொல்லை எழுதுவது?

வவுனிக்குளம் வாசகர் எழுதியது:

ஆசிரியை அவர்களுக்கு வணக்கம். உங்கள் மாணவி சரியான இடத்தில் பிடித்திருக்கிறாள். அந்தச் சொல்லின் வேரில் சிறகு கிடையாது. கிரேக்க மொழியின் "திராக்கோன்" இலத்தீன் வழியாக ஐரோப்பிய மொழிகளுக்குள் வந்தது. உற்றுப் பார்த்தல் என்னும் பொருளுடைய வினையோடு அதைத் தொடர்புபடுத்துவார்கள். கிரேக்கருக்கு அது பெரும்பாலும் காவல் இருக்கும் ஒரு பெரிய பாம்பு. பொற்கம்பளியைக் கண் மூடாமல் காத்த கொல்கிஸ் நாட்டுப் பாம்பும், பொற்கனி காய்த்த மரத்தைச் சுற்றிக் கிடந்த லாடோனும் அவ்வகையின. மெடியாவின் தேரையும் திரிப்தொலெமஸின் தேரையும் இழுத்த பாம்புகளுக்குச் சிறகு வரைந்தார்கள் என்றால், தேர் வானில் போக வேண்டியிருந்ததே அதற்குக் காரணம் என்று நான் நினைக்கிறேன்.

ஏழாம் நூற்றாண்டில் ஸ்பெயினில் வாழ்ந்த ஆயர் இசிதோர், டிராக்கோ என்பது பாம்புகள் எல்லாவற்றிலும் பெரியது என்றும், அதன் வலிமை பல்லில் அல்லாமல் வாலில் இருக்கிறது என்றும், யானையையே சுற்றி நெரித்துக் கொன்றுவிடும் என்றும், அது எத்தியோப்பியாவிலும் இந்தியாவிலும் பிறக்கிறது என்றும் எழுதி வைத்தார். வாசிக்கும்போது எனக்கு நம்முடைய வெங்கிணாந்திதான் நினைவுக்கு வந்தது. இங்கே கோழிக்கூட்டுக்குள் புகுந்து அகப்பட்டுக்கொள்கிற பிராணி, கடல் கடந்து செவிவழியாகப் போய்ச் சேர்ந்தபோது யானையைக் கொல்லும் அளவுக்கு வளர்ந்திருக்கக்கூடும். வட ஐரோப்பியக் கதைகளில் வரும் ஃபாப்னீர் என்னும் டிராகனும் தரையில் ஊர்ந்துதான் தண்ணீர் குடிக்கப் போகிறது. அது போகும் வழியில் குழி வெட்டிப் பதுங்கியிருந்துதான் சிகுர்து அதைக் குத்திக் கொல்கிறான். வௌவாலின் சிறகும் கால்களும் சேர்ந்த உருவம் 12ஆம், 13ஆம் நூற்றாண்டுகளின் விலங்கு ஏடுகளிலும், பின்னர் பிரபுக் குடும்பங்களின் கேடயச் சின்னங்களிலும் நிலைபெற்றது. வேல்ஸ் கொடியில் இருப்பது அந்த வழியில் வந்தது. அக்கொடி அதிகாரபூர்வமாக ஏற்கப்பட்டது 1959இல்தான். பூட்டான் கொடியில் உள்ள வெள்ளை டிராகனை அதன் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள். சிறகு இல்லாமலே அது வானத்தில் இடியாக முழங்குகிறது.

இனி "பறவைநாகம்" என்ற சொல்லுக்கு வருகிறேன். இச்சொல் மிகப் பொருத்தமாக அமைவது மெக்சிக்கோவில் என்பதுதான் வியப்பு. அங்கே அஸ்டெக் மக்கள் பேசிய நாவாட்டில் மொழியில் கெட்சால் என்பது நீண்ட பச்சை வால் இறகுடைய ஒரு பறவையின் பெயரோடு சேர்ந்தது. கோவாட்ல் என்றால் பாம்பு. கெட்சால்கோவாட்ல் என்னும் தெய்வத்தின் பெயரைச் சொல்லுக்குச் சொல் பிரித்தால் பறவையும் நாகமுமே நிற்கும். ஆனால் தியோத்திவாக்கானில் கி.பி. 200 அளவில் கட்டப்பட்ட கோயிலின் முகப்பிலிருந்து தலை நீட்டும் அந்தப் பாம்புக்குச் சிறகு இல்லை. கழுத்தைச் சுற்றி இறகுகள் பூவிதழ்போல விரிந்திருக்கின்றன, அவ்வளவுதான். மாயா மக்கள் அதையே குக்குல்கான் என்றார்கள். சிச்சென் இட்சாவில் அதற்கென எழுந்த பிரமிட்டின் நான்கு பக்கங்களிலும் பக்கத்துக்கு 91 படிகள், மேல் மேடையையும் சேர்த்தால் 365. பகலும் இரவும் சமமாகும் நாட்களில் வடக்குப் படிக்கட்டின் ஓரத்தில் மாலை வெயிலின் நிழல் மடிப்பு மடிப்பாக விழுந்து, அடியில் உள்ள கல் தலையோடு பொருந்திப் பாம்பு இறங்குவது போலத் தோன்றும்.

உண்மையில் சிறகுள்ள பாம்பு வேண்டுமானால் பண்டைக் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரொடோட்டஸிடம் போகலாம். வசந்த காலத்தில் அராபியாவிலிருந்து சிறகுள்ள பாம்புகள் எகிப்தை நோக்கிப் பறந்து வருவதாகவும், மலைக் கணவாயில் ஐபிஸ் (அரிவாள்மூக்கன்) பறவைகள் அவற்றை மறித்துக் கொல்வதாகவும், தாமே போய் அவற்றின் எலும்புக் குவியல்களைப் பார்த்ததாகவும் அவர் எழுதுகிறார். நம் காடுகளில் இருக்கும் பறக்கும் பாம்பு போன்ற ஒன்றைத்தான் அவர் கேள்விப்பட்டிருப்பார் என்பது என் ஊகம்.

மடுவீதி உபதேசியார் எழுதியது:

வேதாகமத் தமிழில் இதற்கு முன்பே சொற்கள் இருப்பதால் எழுதுகிறேன். ஏசாயா நூலின் 14ஆம் அதிகாரத்தில் "பறக்கிற கொள்ளிவாய்ச் சர்ப்பம்" வருகிறது. எபிரேயத்தில் அந்த இடத்தில் உள்ள சொல் "சாராப்", அதாவது எரிப்பது. அதே நூலின் 6ஆம் அதிகாரத்தில் ஆறு சிறகுகளோடு இறைவனின் அரியணையைச் சூழ்ந்து நிற்கும் சேராபீன்களின் பெயரும் அதே வேரிலிருந்து பிறந்ததே. எகிப்தில் அரசர்களின் நெற்றியில் படமெடுத்து நின்ற நல்லபாம்பைச் சிறகு விரித்தும் வரைந்திருக்கிறார்கள் என்பதை நினைத்தால், காவலுக்கு நிற்கும் சிறகுள்ள பாம்பு அந்தப் பக்கத்து மக்களுக்குப் பழகிய உருவமாகவே இருந்திருக்கும்.

திருவெளிப்பாடு 12ஆம் அதிகாரத்தில் வருவதைப் பழைய மொழிபெயர்ப்பு "வலுசர்ப்பம்" என்றும் கத்தோலிக்கரின் திருவிவிலியம் "அரக்கப் பாம்பு" என்றும் சொல்லுகின்றன. ஏழு தலை, பத்துக் கொம்பு, சிவப்பு நிறம் எல்லாம் சொல்லப்பட்டிருக்கின்றன, சிறகு சொல்லப்படவில்லை. அந்த அதிகாரத்தில் சிறகு பெறுவது, பாம்புக்குத் தப்பி ஓடும் பெண். பெருங்கழுகின் இரண்டு சிறகுகள் அவளுக்கே கொடுக்கப்படுகின்றன. ஞாயிறு மறைக்கல்வி வகுப்பில் பிள்ளைகள் அந்தப் பாம்பை வரையும்போதெல்லாம் சிறகு போட்டுத்தான் வரைகிறார்கள். படக்கதைகளில் பார்த்த பழக்கம்.

ஒன்றை மட்டும் கேட்டுக்கொள்கிறேன். சீனரின் லொங்குக்கு "வலுசர்ப்பம்" என்று எழுதிவிடாதீர்கள். அச்சொல் எங்கள் காதில் சாத்தான் என்றே விழும். அவர்களுக்கோ லொங் மங்கலமானது.

காட்டோரத்தான் எழுதியது:

வவுனிக்குளம் ஐயா மன்னிக்க வேண்டும், கடைசி ஊகத்தை ஏற்க முடியவில்லை. பறக்கும் பாம்பு தெற்காசியாவிலும் தென்கிழக்காசியாவிலும் வாழ்வது, அராபியாவில் கிடையாது. தவிர, ஹெரொடோட்டஸ் தாம் சொல்லும் பாம்புகளின் சிறகு இறகில்லாமல் வௌவாலின் சிறகைப்போல் இருப்பதாகத் தெளிவாகவே எழுதியிருக்கிறார். பறக்கும் பாம்புக்குச் சிறகு என்று எதுவுமே இல்லை.

இலங்கையில் இவற்றில் இரண்டு இனங்கள் உண்டு. அவற்றுள் ஒன்று உலர்வலயத்துக்குரியது. 1943இல் அறிவியல் பெயர் பெற்றது. பின்னர் ஆந்திரப் பகுதியிலும் கண்டுபிடிக்கப்பட்டது. கிளையிலிருந்து பாயும்போது விலா எலும்புகளை இரு பக்கமும் அகட்டி, உருண்டை உடலைத் தட்டையாக்கி, அடிப்பக்கத்தைக் குழிவாக்கிக்கொள்கிறது. அதன்பின் காற்றிலேயே நெளிந்து நெளிந்து சறுக்கி இறங்குகிறது. அந்த நெளிவு வெறும் பழக்கமல்ல, கவிழாமல் சமநிலை காக்க அது உதவுகிறது என்று 2020இல் வெளிவந்த ஓர் ஆய்வு காட்டியது. கீழிருந்து மேலே எழும்பிப் பறக்க அதனால் முடியாது. பல்லி, ஓணான் பிடித்து உண்ணும். நஞ்சு மிக இலேசானது, மனிதருக்கு ஆபத்தில்லை. ஆனாலும் கண்ட இடத்தில் அடித்துக் கொல்கிறார்கள். கொம்பேறிமூக்கன் பட்ட பழியும் இதுதான். கடித்த ஆளின் உடல் எரியும் புகையைச் சுடலை மரத்தில் ஏறி நின்று பார்த்துவிட்டுத்தான் இறங்குமாம், நஞ்சே இல்லாத அந்தப் பாவம்.

எலும்பைப் பற்றிச் சொல்வதானால், ஆஸ்திரியாவின் கிளாகன்ஃபுர்ட் நகரில் ஒரு டிராகன் சிலை நிற்கிறது. 1335இல் அந்த ஊருக்கு அருகே கிடைத்த ஒரு மண்டையோட்டைக் கொல்லப்பட்ட டிராகனுடையது என்று நம்பி நகரத்தில் பாதுகாத்து, 16ஆம் நூற்றாண்டின் இறுதியில் அதைப் பார்த்தே சிலையின் தலையைச் செதுக்கினார்கள். அது பனியுகத்தில் வாழ்ந்த கம்பளி காண்டாமிருகத்தின் தலை. மறுபுறம் 1971இல் டெக்சாஸில் உண்மையாகவே ஒரு பெரும் பறக்கும் ஊர்வனவின் புதைபடிவம் கிடைத்தபோது, சிறகு விரித்தால் 10 மீட்டர் அளவு இருக்கும் அந்த உயிரிக்குக் கெட்சால்கோவாட்லஸ் என்று பெயரிட்டார்கள். சிறகில்லாத தெய்வத்தின் பெயர் சிறகுள்ள எலும்புக்குப் போயிற்று.

துருசடி விவசாயி எழுதியது:

எல்லோரும் சிறகையே பார்க்கிறீர்கள். குளத்துத் தண்ணீரை நம்பி வாழும் எனக்கு இந்தக் கதைகளில் தண்ணீர்தான் முதலில் தெரிகிறது. இருக்கு வேதத்தில் விருத்திரன் என்னும் பாம்பு தண்ணீரை அடைத்துக்கொண்டு மலைமேல் கிடக்கிறது. இந்திரன் அதைக் கொன்றபின் ஆறுகள் கதறிக்கொண்டு கடலுக்கு ஓடும் பசுக்களைப் போலப் பாய்கின்றன. துருசுக் கதவு திறந்த நாளில் வாய்க்காலோரம் நின்றவர்களுக்கு அந்த உவமை விளங்கும்.

சீனத்தில் இது தலைகீழாகிறது: டிராகன் மழையைத் தருவது. அங்கேயும் சிறகுள்ள ஒன்று உண்டு, யிங்லொங் என்று பெயர். மஞ்சள் பேரரசருக்காகச் சீயூ என்ற பகைவனோடு போரிட்டு, அதன்பின் வானத்துக்குத் திரும்ப முடியாமல் அது பூமியிலேயே தங்கிவிட்டது. அதனால்தான் மேலே மழை பெய்விக்க ஆளில்லாமல் அடிக்கடி வறட்சி வந்தது என்றும், அப்போது மக்கள் யிங்லொங்கின் உருவத்தைச் செய்து வைக்க மழை பெய்தது என்றும் அவர்களது பழைய நூல் சொல்லுகிறது. வானம் பொய்த்த காலத்தில் கொடும்பாவி கட்டி இழுத்த தமிழ் ஊர்களை நினைத்துக்கொண்டேன். மெக்சிக்கோவின் கெட்சால்கோவாட்லும் காற்றாகி, மழைத் தெய்வங்கள் வரும் வழியைக் கூட்டிப் பெருக்குவதாகத்தான் நம்பினார்கள். மிகிந்தலையில் நாகபொக்குணை என்னும் குளத்தின் பாறைச் சுவரில் ஐந்து தலை நாகம் படமெடுத்து நிற்பதைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். அதுவும் தண்ணீருக்குக் காவல்தான்.

நாகதம்பிரான் டிராகனா என்று அந்தப் பிள்ளை கேட்டதைச் சிரித்துத் தள்ளிவிட வேண்டாம், மகள். பௌத்த நூல்களைச் சீனத்தில் மொழிபெயர்த்தவர்கள் ஏறத்தாழ 1800 ஆண்டுகளுக்கு முன்பிருந்தே "நாகம்" என்று வந்த இடத்தில் "லொங்" என்றுதான் எழுதினார்கள். அவர்களுடைய டிராகன் அரசர்களில் நம் நாகராசர்களின் சாயல் உண்டு. ஐரோப்பியரின் டிராகனை ஒரு வீரன் வந்து கொல்ல வேண்டும். நாகதம்பிரானுக்கு நாம் பாலும் முட்டையும் வைக்கிறோம். அந்த வகையில் அவர் லொங்குக்கு உறவு, வேல்ஸ் கொடிக்கு உறவில்லை.

முள்ளியவளை ஆசிரியை எழுதியது:

எல்லோருக்கும் மிக்க நன்றி. உங்கள் பதில்களை இன்று வகுப்பில் வாசித்துக் காட்டினேன். ஒரே சொல்லை எல்லாப் படத்துக்கும் எழுதும் எண்ணத்தைக் கைவிட்டோம். லொங், யிங்லொங், முஷ்குஷ்ஷு ஆகியவை தங்கள் பெயரிலேயே இருக்கும். வேல்ஸ் கொடிக்கு மட்டும் டிராகன். கெட்சால்கோவாட்லின் கீழே அடைப்புக்குறிக்குள் பறவைநாகம். திருவெளிப்பாட்டுப் படத்துக்கு வலுசர்ப்பம் என்று எழுதி, அதன் சிறகுகளை வெள்ளை வர்ணம் பூசி மறைத்துவிட்டார்கள். அம்மம்மாவின் நல்லபாம்பையும் "வன்னியில் கேட்ட கதை" என்ற குறிப்போடு சேர்க்கிறோம்; அதன் அருகிலேயே, கதை வேறு, பிராணி வேறு என்பது தெரியும்படி, காட்டோரத்தான் ஐயா சொன்ன உலர்வலயப் பறக்கும் பாம்பின் படமும் வரும்.

ஹெரொடோட்டஸின் பாம்புக்கு மயிலிறகு போலவே சிறகு வரைந்து மூன்று நாள் வர்ணம் தீட்டிய மாணவன் ஒருவன் இருக்கிறான். வௌவால் சிறகு என்று வாசித்தபோது அவன் முகம் போன போக்கைச் சொல்ல முடியாது. திங்கட்கிழமைக்குள் திருத்தித் தருவதாகச் சொல்லி, படத்தைச் சுருட்டி வீட்டுக்கு எடுத்துச் சென்றிருக்கிறான்.