மேட்ச் ரெக்கார்ட் ஆகியிருந்தது, கடைசி ஓவர் மட்டும் இல்லை: உங்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

எடிசன், நியூ ஜெர்சி

சேப்பாக்கத்தில் இரவு 7.30க்கு முதல் பந்து விழும்போது இங்கே காலை 10 மணி. கலிஃபோர்னியாவில் இருப்பவர்களுக்கு 7 மணி. வேலை நாளில் உட்கார்ந்து பார்க்க வழியே இல்லை. க்ளவுட் டிவிஆர் இல்லாவிட்டால் எங்களைப் போன்றவர்களுக்கு ஐபிஎல் சீசனே இல்லை என்றுதான் சொல்வேன். கைடில், அதாவது சேனல்களின் நிகழ்ச்சிப் பட்டியலில், மேட்சைத் தேடி ரெக்கார்ட் அழுத்திவிட்டு ஆபீஸ் போகலாம். வீட்டில் பெட்டியும் வேண்டாம், ஹார்டு டிஸ்க்கும் வேண்டாம், எல்லாம் சேவை நிறுவனத்தின் சர்வரில் ஏறிவிடும். சாயங்காலம் வந்து விளம்பரங்களை ஓட்டிவிட்டுப் பார்த்தால் இரண்டு மணி நேரத்தில் ஒரு முழு ஆட்டம் முடிந்துவிடும்.

ஆனால் 2023 இறுதிப் போட்டியை என்னால் மறக்க முடியாது. மே 28 ஞாயிற்றுக்கிழமை அகமதாபாத்தில் மழை. டாஸ் கூடப் போடவில்லை. அன்றைய ரெக்கார்டிங் முழுக்க மூடிய பிட்ச்சும் ஸ்டுடியோ பேச்சும்தான். மறுநாள் ரிசர்வ் டே. இங்கே அது மெமோரியல் டே விடுமுறை, நண்பர்கள் குடும்பத்தோடு பார்க்கில் சமையலுக்கு ஏற்பாடு செய்திருந்தோம். முதல் நாள் போட்ட ரெக்கார்ட் மறுநாளுக்குத் தானாக நகராது என்பதால் காலையிலேயே கைடில் புதிதாக வந்திருந்த மேட்சை மறுபடி அழுத்திவிட்டுத்தான் கிளம்பினேன்.

இரவு பிள்ளைகளைத் தூங்கவைத்துவிட்டு உட்கார்ந்தோம். குஜராத் பேட்டிங் பிரமாதமாகப் பதிவாகியிருந்தது. நம்ம சென்னைப் பையன் சாய் சுதர்சன் 47 பந்தில் 96. கில்லை தோனி ஸ்டம்பிங் செய்ததை நாலு தடவை திருப்பிப் பார்த்தோம். 214 ரன். அப்புறம் சென்னை இறங்கி மூன்று பந்து ஆடியதும் மழை. ஊழியர்கள் கவரை இழுத்துக்கொண்டு ஓடுகிறார்கள். மழை விடுகிறது, ஈரத்தைப் பஞ்சால் ஒற்றி எடுக்கிறார்கள், அம்பயர்கள் வந்து காலால் அழுத்திப் பார்க்கிறார்கள். அந்த இடத்தில் திரை நின்று, "இந்த ரெக்கார்டிங்கை நீக்கவா?" என்று கேட்டது.

ஆட்டம் மறுபடி தொடங்கியது இந்திய நேரம் நள்ளிரவு 12.10க்கு, அதாவது எங்களுக்குப் பிற்பகல் 2.40. கைடில் மேட்சுக்கு ஒதுக்கியிருந்த நேரம் அதற்கு முன்பே முடிந்துவிட்டது. 15 ஓவரில் 171 என்ற இலக்கு, ராயுடுவின் கடைசி ஆட்டம், தோனி முதல் பந்திலேயே அவுட், கடைசி இரண்டு பந்தில் பத்து ரன் என்ற நிலையில் ஜடேஜா அடித்த சிக்ஸும் ஃபோரும், எதுவுமே எங்களிடம் இல்லை. சென்னையின் கோப்பையில் எங்களுக்குக் கிடைத்தது மூன்று பந்து.

அதற்குப் பிறகுதான் இது எப்படி வேலை செய்கிறது என்று உட்கார்ந்து பார்த்தேன். ரெக்கார்டருக்கு மேட்ச் என்றால் என்னவென்று தெரியாது. கைடில் தொடக்க நேரம், முடியும் நேரம் என்று இரண்டு எண்கள் இருக்கின்றன. சேனலில் அந்த இடைவெளியில் என்ன ஓடுகிறதோ அதை எழுதிக்கொள்கிறது, அவ்வளவுதான். சப்பென்று முடியும் ஆட்டம் நேரத்துக்குள் அடங்கிவிடும். மழை, டை, சூப்பர் ஓவர், எக்ஸ்ட்ரா டைம் என்று இழுத்துக்கொண்டு போகும் ஆட்டம்தான் வெட்டுப்படும். அதாவது நாம் எதைத் தவறவிடவே கூடாதோ அதுதான் ஒவ்வொரு முறையும் போகிறது. 1999இல் வந்த டிவோ என்ற ரெக்கார்டர் பெட்டியில் "முடிவை ஒரு மணி நேரம் தள்ளிவை" என்று சொல்ல வசதி இருந்தது. இன்று பல க்ளவுட் சேவைகளில் அது இல்லை என்பது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

உங்களுக்கு நடந்ததையும், நீங்கள் கண்டுபிடித்த வழிகளையும் எழுதுங்கள்.

டாலஸ்

2024 ஜூன் 6, வியாழக்கிழமை. எங்கள் ஊருக்குப் பக்கத்தில் கிராண்ட் பிரெய்ரி மைதானத்தில் அமெரிக்காவும் பாகிஸ்தானும் மோதின. காலை பத்தரைக்கு ஆட்டம். ஆபீஸில் லீவு கிடைக்கவில்லை. அரை மணி நேரத்தில் போய்விடக்கூடிய மைதானம், ஆனாலும் ரெக்கார்டிங்தான் கதி.

எடிசன் அண்ணா சொன்ன மாதிரி அடி வாங்கிய அனுபவம் எனக்கும் இருந்ததால், மேட்சுக்கு அடுத்து வரும் நிகழ்ச்சியையும் சேர்த்து ரெக்கார்ட் போட்டிருந்தேன். அது ஏதோ பழைய ஆட்டத்தின் மறு ஒளிபரப்பு. அன்று அந்தப் பழைய ஆட்டம்தான் என்னைக் காப்பாற்றியது. கடைசிப் பந்தில் நிதிஷ் குமார் ஃபோர் அடித்து 159க்கு 159 டை ஆக்கியது, பிறகு அமெரிக்கா 18, பாகிஸ்தான் 13 என்று முடிந்த சூப்பர் ஓவர், அதை வீசிய சௌரப் நேத்ரவல்கர். பகலில் சாஃப்ட்வேர் எஞ்சினியர் வேலை பார்க்கும் மனிதர்! அத்தனையும் அந்த இரண்டாவது கோப்பின் முன்பாதியில் இருந்தது.

இதில் இன்னொரு லாபமும் உண்டு. ஒரே ரெக்கார்டிங்காக இருந்தால் கீழே ஓடும் கோட்டைப் பார்த்தே ஆட்டம் எப்போது முடியும் என்று தெரிந்துவிடும். இன்னும் பத்து நிமிடம்தான் பாக்கி, ஐந்து ஓவர் இருக்கிறது என்றால் விக்கெட் சரியப்போகிறது என்று மனசு கணக்குப் போட்டுவிடும். எப்போதும் அடுத்த நிகழ்ச்சியைச் சேர்த்துப் போட்டால் அந்தக் கணக்கு போட முடியாது.

பாஸ்டன்

பேஸ்பால் பார்ப்பவர்கள் யாராவது இருக்கிறீர்களா? 2018 வேர்ல்ட் சீரிஸ் மூன்றாவது ஆட்டம், எங்கள் ரெட் சாக்ஸ் லாஸ் ஏஞ்சலிஸில் ஆடியது. 18 இன்னிங்ஸ், 7 மணி 20 நிமிடம். எங்கள் நேரப்படி விடிகாலை மூன்றரை மணிக்கு எதிரணியின் மேக்ஸ் மன்சி அடித்த ஹோம் ரன்னில் 3-2 என்று தோற்றோம். அடுத்த நிகழ்ச்சி ஒன்றைச் சேர்த்துப் போட்டால் போதும் என்பவர்களுக்காகச் சொல்கிறேன். அன்று ஒன்று போதாது, மூன்று நான்கு தேவைப்பட்டிருக்கும். பேஸ்பாலில் கடிகாரம் வைத்து ஆட்டத்தை முடிப்பதில்லை. பிளேஆஃப் என்றால் இரவு முழுக்க அந்த சேனலில் வரும் எல்லாவற்றையும் அழுத்திவிடுங்கள். இடம் அளவில்லாமல் கொடுக்கிற சேவை என்றால் யோசிக்கவே வேண்டாம்.

சிகாகோ

என் கதை வேறு. ரெக்கார்டிங் ஒழுங்காக இருந்தது, அம்மாவிடம்தான் சிக்கிக்கொண்டேன்.

2024 ஜூன் 29, டி20 உலகக் கோப்பை இறுதிப் போட்டி. மகளின் அரங்கேற்றத்துக்கு ஒத்திகை, காலையிலிருந்து மாலை வரை அங்கேதான். வாட்ஸ்அப் குரூப் எல்லாவற்றையும் மியூட்டில் போட்டேன். ஸ்கோர் ஆப்பின் நோட்டிஃபிகேஷனை நிறுத்தினேன். கூட வந்த அப்பாக்களிடம் "தயவுசெய்து யாரும் எதுவும் பேசாதீங்க" என்று கேட்டுக்கொண்டேன், அவர்களும் பாவம் கட்டுப்பட்டார்கள். வீட்டுக்கு வந்து காபி போடும்போது திருச்சியிலிருந்து போன். இந்தியாவில் விடியவே இல்லை, அந்த நேரத்தில் அம்மா கூப்பிட்டால் எடுக்காமல் இருக்க முடியுமா?

"என்னம்மா, உடம்பு கிடம்பு சரியில்லையா?"

"அதெல்லாம் ஒண்ணுமில்லடி. நீ மேட்ச் பாக்கலன்னு தம்பி சொன்னான். நான் ஒண்ணும் சொல்லல. நிதானமா சாப்ட்டுட்டு உக்காந்து பாரு."

அந்த "நிதானமா"வில் எல்லாம் தெரிந்துவிட்டது. தென்னாப்பிரிக்காவுக்கு 30 பந்தில் 30 ரன் தேவை, கிளாசன் அடி பின்னுகிறார், பக்கத்தில் என் கணவர் நகத்தைக் கடிக்கிறார். எனக்குப் பதற்றமே வரவில்லை. மில்லர் தூக்கி அடித்ததை சூர்யகுமார் கோட்டுக்கு வெளியே போய் உள்ளே வந்து பிடித்த அந்தக் கேட்ச்கூட, நடந்து முடிந்த ஒரு கல்யாணத்தின் வீடியோவைப் பார்ப்பது போல்தான் இருந்தது. அம்மாவைக் குறை சொல்லவில்லை, அவர் சந்தோஷம் அவருக்கு. ஆனால் ரெக்கார்ட் போட்டுப் பார்ப்பவர்களுக்கு முடிவு தெரியாமல் இருப்பதுதான் பாதி ஆட்டம்.

யூடியூப் டிவி வைத்திருப்பவர்களுக்கு ஒரு தகவல்: அதில் உங்கள் அணிக்கோ லீகுக்கோ ஸ்கோரை மறைத்துவைக்கும் செட்டிங் இருக்கிறது. முதலில் அதைப் போட்டுவிடுங்கள். மற்ற சேவைகளில் முகப்புப் பக்கத்தைத் திறந்தவுடன் கோப்பையோடு நிற்கும் படம் வந்து நிற்கலாம். நேராக ரெக்கார்டிங் பகுதிக்குப் போகக் குறுக்குவழி இருந்தால் அதைப் பயன்படுத்துங்கள்.

எடிசன், நியூ ஜெர்சி

சிகாகோ அக்கா, உங்கள் அம்மா குரல் எனக்கே கேட்டது!

இதைப் படித்ததும் எங்கள் பக்கத்து வீட்டுப் பெரியவர் சொன்னது நினைவுக்கு வருகிறது. அவர் ஜெட்ஸ் என்ற அமெரிக்கக் கால்பந்து அணியின் பழைய ரசிகர். 1968 நவம்பர் 17, ஓக்லாந்தில் ஜெட்ஸ் - ரெய்டர்ஸ் ஆட்டம். ஜெட்ஸ் 32-29 என்று முன்னிலை, ஒரு நிமிடம் ஐந்து நொடி பாக்கி. மணி ஏழு ஆனதும் கிழக்குப் பகுதியில் என்பிசி சேனல் ஆட்டத்தை வெட்டிவிட்டுக் குழந்தைகள் படம் ஒன்றைப் போட்டுவிட்டது. ஜெயித்தாகிவிட்டது என்று இங்கே எல்லோரும் எழுந்து போக, அங்கே ரெய்டர்ஸ் ஒன்பது நொடி இடைவெளியில் இரண்டு டச் டவுன் போட்டு 43-32 என்று ஜெயித்தது. வந்த போன்களில் என்பிசியின் தொலைபேசி இணைப்பகமே செயலிழந்துபோனது. அதற்கப்புறம்தான் என்எஃப்எல் லீக் ஆட்டங்களை முடியும்வரை காட்டுவது என்ற வழக்கம் உறுதியானது. சேனல்கள் அன்றே பாடம் படித்துவிட்டன. ரெக்கார்டர்களில் பல இன்னும் அந்த ஏழு மணியிலேயே நிற்கின்றன.

சான் ஹோசே

நான் வீடியோ சர்வர் தொழில்நுட்பத்தில் வேலை செய்பவன். பலர் கேட்கும் கேள்வி: "அதே சேவையில் என் நண்பன் முழுசாக ரெக்கார்ட் செய்திருக்கிறான், அந்தப் பிரதியை எனக்கும் கொடுத்தால் என்ன?" இதற்குக் காரணம் சட்டத்தில் இருக்கிறது.

நியூயார்க் பகுதியில் இருந்த கேபிள்விஷன் நிறுவனம் 2006இல் பெட்டிக்குப் பதிலாக சர்வரில் ரெக்கார்ட் செய்யும் திட்டத்தை அறிவித்தது. ஸ்டுடியோக்களும் சேனல்களும் வழக்குப் போட்டன. கீழ் நீதிமன்றத்தில் கேபிள்விஷன் தோற்றது. 2008 ஆகஸ்டில் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பை மாற்றியது. ரெக்கார்ட் பொத்தானை அழுத்துவது வாடிக்கையாளர், ஒவ்வொருவருக்கும் தனிப் பிரதி, அந்தப் பிரதி அவருக்கு மட்டுமே ஓடுகிறது, ஆகவே நிறுவனம் பொதுமக்களுக்கு ஒளிபரப்புவதாகாது என்பது சாரம். 2009இல் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. இன்றைய க்ளவுட் டிவிஆர் தொழில் அந்தத் தீர்ப்பின் மேல்தான் நிற்கிறது.

ஒரே ஆட்டத்தை லட்சம் பேர் அழுத்தினால் லட்சம் பிரதி என்பது எஞ்சினியருக்கு வீண் வேலையாகத் தோன்றும். ஆனால் அந்தத் தனிப் பிரதிதான் உங்களுக்குப் பாதுகாப்பு. நீங்கள் அழுத்தியதால்தான் அது உங்களுடையது. அழுத்தாத நிமிடங்கள் உங்கள் கணக்கில் இல்லை, இன்னொருவர் கணக்கிலிருந்து எடுத்துத் தரவும் முடியாது.

சியாட்டில்

"உங்களுடையது" என்று சான் ஹோசே நண்பர் சொன்னதற்கு ஒரு வார்த்தை. அதற்குக் காலக்கெடு உண்டு.

என் அப்பா வியாசர்பாடிக்காரர். கால்பந்து என்றால் சாப்பாடு வேண்டாம். 2022 உலகக் கோப்பை இறுதிப் போட்டியை அவர் சென்னையில் பார்த்துவிட்டார், நான் இங்கே பார்த்தேன். "அங்க வரும்போது பேரனை மடியில வெச்சுக்கிட்டு மறுபடி பாக்கணும்டா" என்று போனில் சொன்னார். எக்ஸ்ட்ரா டைம், பெனால்டி, மெஸ்ஸி கோப்பையை வாங்கியது வரை எல்லாம் என் கணக்கில் முழுசாக இருந்தது. நீக்கிவிடக் கூடாது என்று வீட்டில் எல்லோரிடமும் சொல்லிவைத்திருந்தேன். அவர் வந்தது மறு வருடம் அக்டோபரில். எங்கள் சேவையில் ரெக்கார்டிங் ஒன்பது மாதம்தான் இருக்கும், செப்டம்பரிலேயே போய்விட்டது.

ஹைலைட்ஸ் போட்டுக் காட்டினேன். கோல்கள் எல்லாம் இருந்தன. ஆனால் அவர் பார்க்க நினைத்தது ஆட்டம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்வரை இரண்டு கோல் பின்தங்கியிருந்த பிரான்ஸ் மெல்ல மெல்ல முகம் மாறுவதை. அது மூன்று நிமிட வீடியோவில் வராது. கடைசி நிமிடத்தில் பிரான்ஸின் கோலோ முவானி அடித்ததை அர்ஜென்டினா கோல்கீப்பர் மார்ட்டினெஸ் காலை நீட்டித் தடுத்ததை மட்டும் பையனுக்குத் திரும்பத் திரும்பக் காட்டிக்கொண்டிருந்தார். காசு கொடுத்து வாங்கும் சேவையில், வீட்டுக்கு ஒரு ஐந்து ரெக்கார்டிங்கையாவது காலக்கெடு இல்லாமல் வைத்துக்கொள்ள விட வேண்டும் என்பது என் கட்சி.

ஹூஸ்டன்

இன்னொன்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். சேவைக்கும் சேனல் நிறுவனத்துக்கும் கட்டணத் தகராறு வந்து சேனலைத் தூக்கினால், அந்த சேனலில் எடுத்த பழைய ரெக்கார்டிங்குகளும் கூடவே மறைந்துவிடலாம். எங்கள் வீட்டில் நடந்தது. சமரசம் ஆன பிறகு திரும்பி வந்தன.

அட்லாண்டா

புதிதாக வந்திருக்கிறேன், ஒரு கேள்வி. வெளியில் இருக்கும்போது மழையால் ஆட்டம் தள்ளிப்போகிறது என்று தெரிந்தால் அங்கிருந்தே நீட்ட முடியுமா?

எடிசன், நியூ ஜெர்சி

முடியும் தம்பி. டிவியில் போட்டிருப்பதும் போனில் இருப்பதும் ஒரே கணக்குதான். போன் ஆப்பில் கைடைத் திறந்து அதே சேனலில் அடுத்து வருவதை அழுத்துங்கள், அதற்கடுத்ததையும் அழுத்துங்கள். சில சேவைகள் நேரலை விளையாட்டு என்றால் தாமாகவே நீட்டும், சிலவற்றில் எவ்வளவு நேரம் என்று கேட்கும். ஆனால் நான் அவற்றை நம்பி விடுவதில்லை. ஸ்கோர் தெரியக் கூடாது என்றால், உங்கள் ஆப்பின் கைடில் ஸ்கோர் காட்டுகிறதா என்று முக்கியமில்லாத ஒரு ஆட்டத்தில் முதலில் பார்த்துக்கொள்ளுங்கள். அன்றிரவோ மறுநாளோ முழு மறு ஒளிபரப்பு இருந்தால் அதையும் போட்டுவையுங்கள். ஆட்டம் முடிந்த பிறகு போடுவது என்பதால் நடுவில் வெட்டுப்பட வாய்ப்புக் குறைவு. ஒரு மணி நேர ஹைலைட்ஸும் மேட்ச் பெயரிலேயே கைடில் வரும், அதனால் நீளத்தைப் பார்த்து அழுத்துங்கள். 2023இல் நாங்கள் ஜடேஜாவின் அந்த இரண்டு பந்தைப் பார்த்தது அப்படி ஒரு மறு ஒளிபரப்பில்தான்.