‘பிரிவிலேஜ்’: வக்கீல் வாய்திறக்காமைக்குத் தமிழில் என்ன பெயர்?

மொழிபெயர்ப்பாளர், கோவை:

அன்புள்ள குழுவினருக்கு வணக்கம். சட்ட உதவித் தன்னார்வலர்களுக்கான கையேடு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போயாக வேண்டும். இந்தியாவின் புதிய சாட்சியச் சட்டத்தின் (2023இல் இயற்றி 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது) 128 முதல் 134 வரையிலான பிரிவுகளில் மாட்டிக்கொண்டு விழிக்கிறேன். கணவன் மனைவிக்குள் பேசியது, அரசின் வெளியிடப்படாத ஆவணங்கள், கட்சிக்காரர் வழக்கறிஞரிடம் சொன்னது எல்லாம் அடுத்தடுத்து வருகின்றன. கைக்கு வந்த பழைய வரைவில் ‘கான்ஃபிடென்ஷியல்’, ‘பிரிவிலேஜ்’ இரண்டுக்கும் ‘இரகசியம்’ என்றே போட்டிருக்கிறது. ஓரிடத்தில் மட்டும் ‘சலுகை பெற்ற தகவல் தொடர்பு’. சலுகை என்றால் நம் ஊரில் பஸ் பாஸ்தான் நினைவுக்கு வரும். நல்ல சொல் ஒன்று தாருங்கள்.

தலைமைச் செயலகத்தில் பணியாற்றி ஓய்வு பெற்றவர், சென்னை:

புதிதாக எதுவும் ஆக்க வேண்டாம். ஆட்சித்தமிழில் இரகசியத்துக்கு ‘மந்தணம்’ பல்லாண்டுகளாக இருக்கிறது. உறையின் மேல் ‘மந்தணம்’ என்று எழுதி, உள்ளே இன்னோர் உறை வைத்து அரக்கிட்டு அனுப்புவோம். கடைநிலை ஊழியருக்குக்கூட அந்தச் சொல்லின் பொருள் தெரியும். அமைச்சர்கள் பதவியேற்கும்போது இரண்டு உறுதிமொழிகள் எடுப்பதைப் பார்த்திருப்பீர்கள். இரண்டாவது இரகசியக் காப்பு உறுதிமொழி. அரசமைப்பின் மூன்றாம் அட்டவணையில் நீதிபதிக்கோ உறுப்பினருக்கோ அது கிடையாது, அமைச்சருக்கு மட்டும்தான். அதிலும் ‘அமைச்சராகத் தன் கடமையை நிறைவேற்றத் தேவையானபோது தவிர’ என்று ஒரு சன்னல் திறந்திருக்கும். அந்தச் சன்னல் வழியாக எத்தனை செய்தி வெளியே போயிற்று என்பதை நான் எழுதினால் எனக்குத்தான் வம்பு.

தமிழாசிரியர் (ஓய்வு), திருநெல்வேலி:

மந்தணம் ‘மந்த்ரண’ என்ற வடசொல்லின் வழியது. கலந்தாய்தல் என்பதே முதற்பொருள். நம்மிடம் ‘மறை’ இருக்கும்போது கடன் எதற்கு? கயமை அதிகாரத்தில் வள்ளுவர் சொல்கிறார்:

அறைபறை அன்னர் கயவர்தாம் கேட்ட
மறைபிறர்க்கு உய்த்துரைக்க லான்.

ஒருவர் நம்பிச் சொன்னதை ஊரெங்கும் சுமந்துபோய்ச் சொல்பவன் அடிக்கப்படும் பறை. வழக்கறிஞர் தொழில் ஒழுக்கம் முழுவதும் இந்த ஒன்றேமுக்கால் அடிக்குள் அடக்கம். ‘மறைகாப்பு’ என்று வைத்துக்கொள்ளுங்கள். ‘அருமறை சோரும் அறிவிலான்’ என்பதையும் இங்கே சேர்க்கலாம். ஆனால் பரிமேலழகர் அங்கே மறைக்கு உபதேசப் பொருள் என்று உரைகொண்டு, மனத்தில் அடக்க வேண்டியதை வாய்சோர்ந்து சொல்வது என்ற பிறர் உரையை மறுக்கிறார். அவர் மறுத்தது சரியில்லை என்பது என் நெடுநாள் கருத்து. விரிவாகத் தனி மடலில்.

தனித்தமிழ் அன்பர், சேலம்:

மந்தணத்தை வடமொழிக்குத் தாரை வார்த்த ஐயாவுக்கு என் கண்டனம். முன்னுதல் என்றால் கருதுதல். முன் திரிந்து மன் ஆகும். மன்னோடு திரம் சேர்ந்தால் மந்திரம். ‘நிறைமொழி மாந்தர் ஆணையின் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப’ என்று தொல்காப்பியமே விளக்கம் தந்திருக்க, நாம் வடக்கே பார்ப்பானேன்? இருந்தாலும் நான் மந்தணத்தைக் கேட்கவில்லை. ‘கமுக்கம்’ இருக்கிறது. கமுக்கமாக இரு என்று என் பாட்டி சொல்வார். அவர் பள்ளிக்கூடமே போனதில்லை.

மொழிபெயர்ப்பாளர், கோவை:

ஐயா, கமுக்கம் என்றால் ஏதோ கள்ளத்தனம் போலவும் ஒலிக்கிறதே? ‘கமுக்கமான ஆள்’ என்பது எங்கள் பக்கம் பாராட்டு இல்லை. தன் கட்சிக்காரரைக் காக்கும் வழக்கறிஞரை அப்படிச் சொல்ல மனம் வரவில்லை.

தமிழாசிரியர் (ஓய்வு), திருநெல்வேலி:

மறை என்றதும் திருமறைக்காடு நினைவுக்கு வந்தது. வேதங்கள் பூசித்து அடைத்துப்போன கதவை அப்பர் பாடித் திறந்தார், சம்பந்தர் பாடி அடைத்தார். மறைக்காடு வேதத்தால் வந்த பெயரா, மறைந்துகொள்ளும் காடு என்பதால் வந்ததா என்று இக்குழுவில் முன்பே அடித்துக்கொண்டிருக்கிறோம். அதற்குள் நான் போகவில்லை.

(போனார். அடுத்து வந்த மூன்று நீண்ட மடல்களைத் தொகுப்பில் விட்டுவிட்டேன். குழு நிர்வாகி.)

வழக்கறிஞர், மதுரை:

பெரியவர்கள் மன்னிக்க வேண்டும். மந்தணம், மறை, கமுக்கம் எதை எடுத்தாலும் பாதிதான் தீரும். கேட்கப்பட்டது இரண்டு சொற்கள், ஏனென்றால் பொருள் இரண்டு.

மருத்துவரை எடுத்துக்கொள்ளுங்கள். நோயாளி சொன்னதை வெளியே சொல்லக் கூடாது என்பது அவர் தொழில்நெறி. ஆனால் சாட்சிக்கூண்டில் ஏற்றி நீதிபதி கேட்டால் அவர் சொல்லியாக வேண்டும். பாவசங்கீர்த்தனம் கேட்ட பாதிரியாருக்கும் நம் சாட்சியச் சட்டத்தில் தனி இடம் கிடையாது. 1872இன் பழைய சட்டத்தில் இல்லை, 2023இன் புதியதிலும் சேர்க்கவில்லை. வழக்கறிஞர் நிலை வேறு. 132ஆம் பிரிவின்படி, கட்சிக்காரர் வெளிப்படையாக இசைந்தாலன்றி, நீதிமன்றமே கேட்டாலும் அவர் சொல்ல அனுமதியில்லை. வக்காலத்து முடிந்து கட்டணம் தீர்ந்த பிறகும் இல்லை. அவருடைய குமாஸ்தாவுக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் இதே தடை உண்டு (கோவை அன்பர் கவனிக்க). முதலாவது (‘கான்ஃபிடென்ஷியல்’), வாய் காக்கும் கடமை. இரண்டாவது (‘பிரிவிலேஜ்’), வாயைத் திறக்கவைக்க அதிகாரத்தாலும் முடியாது என்ற நிலை. இரண்டுக்கும் ஒரே சொல் போட்டால், மருத்துவரிடம் சொன்னதும் நீதிமன்றத்தில் வராது என்று தன்னார்வலர் கிராமத்தில் போய்ச் சொல்லிவிடுவார்.

சட்டம் தரும் எடுத்துக்காட்டுகளில் எந்தச் சொல்லையும் வைத்துப் பாருங்கள். ‘நான் கள்ள ஆவணம் தயாரித்துவிட்டேன், எனக்காக வாதாடுங்கள்’ என்று ஒருவன் சொன்னால் அது காக்கப்படும். ‘இந்தக் கள்ளப் பத்திரத்தை வைத்துச் சொத்தை வாங்கித் தாருங்கள்’ என்றால் காக்கப்படாது. கையாடல் வழக்கில் கணக்குப் புத்தகத்தைப் பார்க்கிறார் வழக்கறிஞர். தாம் வழக்கை எடுத்தபோது இல்லாத பதிவு ஒன்று இப்போது உள்ளே இருக்கிறது. அதுவும் காக்கப்படாது. மூன்றும் மந்தணம்தான், ஐயா. மூன்றும் நாலு சுவருக்குள் நடந்தவைதான். ஆனால் பிரிவிலேஜ் முதலாவதற்கு மட்டுமே.

இது ஏட்டுச் சுரைக்காய் அன்று. ஆலோசனை சொன்ன வழக்கறிஞர்களுக்கே புலனாய்வு அமைப்பு அழைப்பாணை அனுப்பியதால் 2025இல் உச்ச நீதிமன்றம் தானாக முன்வந்து விசாரித்து, 132இன் விதிவிலக்குகளுக்குள் வந்தாலன்றி அப்படி அழைக்கக் கூடாது என்று அக்டோபர் இறுதியில் தீர்ப்பளித்தது.

மொழிபெயர்ப்பாளர், கோவை:

நன்றி ஐயா. அப்படியானால் ‘வெளியிடா உரிமை’?

வழக்கறிஞர், மதுரை:

யாருடைய உரிமை? வழக்கறிஞருக்குச் சொல்லவும் செய்யலாம், விடவும் செய்யலாம் என்ற உரிமை இல்லவே இல்லை. உரிமை கட்சிக்காரருடையது. இந்தச் சொல் அதை வழக்கறிஞர் கையில் கொடுத்துவிடுகிறது. ‘சிறப்புரிமை’யைச் சட்டமன்றம் எடுத்துக்கொண்டது. ‘காப்புரிமை’யைப் புத்தகக்காரர்களும் மருந்துக் கம்பெனிகளும் எடுத்துக்கொண்டார்கள்.

சட்டத்தரணி, யாழ்ப்பாணம்:

வணக்கம். எங்கள் சான்றுக் கட்டளைச் சட்டம் 1895ஆம் ஆண்டினது. உங்கள் பழைய சட்டத்தின் உடன்பிறப்பு. வழக்கறிஞர் பற்றிய பிரிவு உங்களுக்கு 132 ஆகிவிட்டது, எங்களுக்கு இன்னும் 126தான். நாங்களும் ‘சிறப்புரிமை’ என்று எழுதி ஒப்பேற்றுகிறோம். ‘வரப்பிரசாதம்’ என்று எழுதுவோரும் உண்டு; கோவிலில் கொடுக்கிற பொருள் போல இருக்கும்.

நான் ஒன்று கேட்கிறேன். கட்சிக்காரர் சொன்னது வழக்கறிஞரிடம் ஒப்படைத்த பொருள் அல்லவா? கவுந்தியடிகள் கண்ணகியை மாதரியிடம் ஒப்படைத்ததற்கு இளங்கோ ஒரு காதையே வைத்தார். ‘அடைக்கலக் கூற்று’ என்றால் என்ன? வைத்திருப்பவர் உடைமையாளர் அல்லர் என்பது அந்தச் சொல்லிலேயே தெரிந்துவிடும். அகதி வழக்குகளுக்கு நாங்கள் ‘புகலிடம்’ என்கிறோம், எனவே மோதலும் இராது.

வழக்கறிஞர், மதுரை:

உரிமை யாருடையது என்ற என் கேள்விக்கு இந்த இழையில் வந்த முதல் பதில் இதுதான்.

தனித்தமிழ் அன்பர், சேலம்:

கூற்று என்றால் எமனும்தான். ஏற்கெனவே வழக்கறிஞரிடம் போகிறவர் பயந்துபோய்த்தான் போகிறார்.

தமிழாசிரியர் (ஓய்வு), திருநெல்வேலி:

மாதரி ‘அடைக்கலம் இழந்தேன்’ என்று தீயில் பாய்ந்தவள். வழக்கறிஞர்களிடம் அவ்வளவு எதிர்பார்க்கலாமா என்று மதுரை அன்பரே சொல்லட்டும். சுருக்கமாக வேண்டுமானால் ‘சொற்காப்பு’. ‘தகைசான்ற சொற்காத்துச் சோர்விலாள்’ என்று ஆட்சி இருக்கிறது. அங்கே சொல் என்பது புகழ்; இருந்தாலும் கணவன் மனைவி பேச்சுக்கான 128க்குப் பொருத்தமாகவே விழுகிறது.

மென்பொருள் தமிழாக்கம் செய்பவர், பெங்களூரு:

‘சொல்காப்பு’ என்று புணர்ச்சியில்லாமல் எழுதினால் தேடுவதற்கு எளிது. றகரம் வந்தால் ‘சொல்’ என்று தேடுபவருக்கு இது அகப்படாது.

தமிழாசிரியர் (ஓய்வு), திருநெல்வேலி:

தேடுபொறிக்காக நன்னூலைத் திருத்துவதாக இல்லை.

தலைமைச் செயலகத்தில் பணியாற்றி ஓய்வு பெற்றவர், சென்னை:

129ஐ எல்லோரும் மறந்துவிட்டீர்கள். அரசு ஆவணத்துக்குச் சொற்காப்பு என்றால் யாருடைய சொல்? ராஜ் நாராயண் வழக்கில் பிரதமரின் பயணப் பாதுகாப்பு விதிகள் அடங்கிய ‘நீலப் புத்தக’த்தைக் காட்ட அரசு மறுத்தது. 1975இல் உச்ச நீதிமன்றம், அரசு சொல்வதே முடிவாகாது, தேவையானால் நீதிமன்றம் ஆவணத்தைப் பார்த்துத் தீர்மானிக்கலாம் என்றது. கட்சிக்காரர் பேச்சை அப்படி எடை போடுவதில்லை. என்னைக் கேட்டால் இரண்டுக்கும் ஒரே சொல் வைப்பது அரசுக்குச் செய்கிற உபகாரம். நானே அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவன்தான், இருந்தும் சொல்கிறேன்.

மொழிபெயர்ப்பாளர், கோவை:

அனைவருக்கும் நன்றி. அச்சகத்தார் இரண்டு முறை அழைத்துவிட்டார். கடமைக்கு ‘மந்தணம் காத்தல்’, 128க்கும் 132 முதல் 134க்கும் ‘சொற்காப்பு’, 129க்கு ‘அரசு ஆவண விலக்கு’ என்று போட்டுவிட்டேன். ‘சொற்காப்பு’ முதலில் வரும் இடத்தில் ‘பிரிவிலேஜ்’ என்று அடைப்புக்குறிக்குள் உண்டு. குற்றத் தகவல் கிடைத்த விவரத்தைச் சொல்லும்படி காவலரைக் கட்டாயப்படுத்தலாகாது என்கிற 131க்குக் கலைச்சொல்லே இல்லாமல் முழு வாக்கியமாக எழுதிவிட்டேன். அடைக்கலக் கூற்றுதான் எனக்கு மனத்துக்குப் பிடித்தது, எமன் கெடுத்துவிட்டார்.

வழக்கறிஞர், மதுரை:

நல்லது. நீதிமன்றத்தில் நாங்கள் ‘பிரிவிலேஜ்’ என்றுதான் சொல்லப்போகிறோம். கையேட்டில் பிரதி கிடைக்குமா?

தனித்தமிழ் அன்பர், சேலம்:

அடைப்புக்குறிக்குள் ஆங்கிலம் வந்த அன்றே தோற்றோம். கமுக்கத்துக்கு என் வாக்கு ஒன்று எதிர்ப்பாகப் பதிவாகட்டும்; மறுபதிப்பின்போது மீண்டும் எழுப்புவேன். முன், மன், மந்திரம் பற்றிய என் கட்டுரையை இணைத்துள்ளேன்.