ஸ்டீரேஜ் பயணிக்குக் கேபின் கிடைத்தது போட்டியாலா, சட்டத்தாலா?

பாய்மரம்:
போன வாரம் வேறொரு இழையில் நாகைக்காரன் ஐயா, "அட்லாண்டிக் கப்பல்களில் ஏழைப் பயணிகளின் நிலைமை மாறியது சட்டங்களால்தான்" என்று எழுதியிருந்தார். என்னால் அதை ஏற்க முடியவில்லை. அங்கே பேச்சு திசை மாறிவிட்டதால் தனி இழையாகத் தொடங்குகிறேன்.

ஸ்டீரேஜ் என்பது பாய்க்கப்பல் காலத்துச் சொல். மேல்தளத்துக்குக் கீழே, சுக்கான் இயங்கும் பின்பக்கத்தை ஒட்டிய இடம். பிறகு கப்பலின் மிக மலிவான வகுப்புக்கே, அதாவது மூன்றாம் வகுப்புக்கே, அது பெயரானது. அமெரிக்கா போகும்போது அங்கே பலகை அடித்து ஆட்களைப் படுக்க வைப்பார்கள். இறக்கிவிட்டதும் பலகையைப் பிடுங்கிவிட்டு, திரும்பும் வழிக்கு மரமோ பருத்தியோ ஏற்றுவார்கள்.

அப்போது சட்டம் இல்லையா என்றால், இருந்தது. கப்பலின் கொள்ளளவில் 5 டன்னுக்கு 2 பேருக்கு மேல் ஏற்றக் கூடாது என்று அமெரிக்கா 1819-லேயே சொல்லிவிட்டது. ஒருவருக்கு நாளைக்கு 3 குவார்ட் தண்ணீர், அதாவது ஏறக்குறைய மூன்றரை லிட்டர், வாரத்துக்கு 7 பவுண்டு ரொட்டியோ மாவோ அரிசியோ கொடுக்க வேண்டும் என்று பிரிட்டன் 1842-ல் சட்டம் போட்டது. அதற்கு அப்புறம்தான் 1847 வருகிறது. பஞ்சத்துக்குத் தப்பி அயர்லாந்திலிருந்து கிளம்பியவர்களில் 5,000-க்கும் மேற்பட்டோர், கனடா வாசலில் இருக்கும் குரோஸ் தீவில் மட்டும் அந்த ஒரே ஆண்டில் புதைக்கப்பட்டார்கள். அந்தக் கப்பல்களுக்குச் சவப்பெட்டிக் கப்பல்கள் என்றே பெயர்.

நிலைமையை மாற்றியவர்கள் வியாபாரிகள். குனார்டு கம்பெனி 1840-ல் பிரிட்டானியா கப்பலை விட்டபோது அதில் 115 கேபின் பயணிகளுக்குத்தான் இடம், ஏழைக்கு இடமே கிடையாது. லிவர்பூலின் வில்லியம் இன்மன்தான் 1850-களின் தொடக்கத்தில் ஏழைகளையும் நீராவிக் கப்பலில் ஏற்றத் துணிந்தார். ஐந்தாறு வாரப் பயணம் இரண்டு வாரமாகச் சுருங்கியது. சமைத்த சாப்பாடு கொடுத்தார். ஒருவர் சூடாகச் சாப்பாடு போட்டால் பக்கத்துக் கம்பெனிக்காரரும் போட்டுத்தானே ஆக வேண்டும்? 1871-ல் ஒயிட் ஸ்டார் கம்பெனி ஓசியானிக் என்ற கப்பலோடு வந்தது. அங்கிருந்து ஓட்டம்தான்.

நாகைக்காரன்:
தம்பி, நீங்கள் காட்டிய 1847 உங்களுக்கு எதிராகவே சாட்சி சொல்கிறது.

அந்த ஆண்டின் தொடக்கத்தில் அமெரிக்கா தன் பயணிகள் சட்டத்தை இறுக்கியது. ஒரு கப்பலில் ஏற்றக்கூடிய ஆட்கள் குறைந்தார்கள், நியூயார்க் கட்டணம் ஏறியது. அந்தப் பணம் இல்லாதவர்கள் சட்டம் தளர்வாக இருந்த கனடாவின் கியூபெக் வழிக்குத் தள்ளப்பட்டார்கள். இறுக்கம் குறைந்த வழியில்தான் குரோஸ் தீவு இருக்கிறது. அயர்லாந்துத் துறைமுகங்களில் கப்பல்காரர்களுக்குப் பஞ்சமில்லை. போட்டி அமோகமாக இருந்தது. யார் குறைந்த காசுக்கு அதிகம் பேரைத் திணிப்பது என்பதே அந்தப் போட்டி.

1855-ல் அமெரிக்கா கொண்டுவந்த சட்டத்தில் ஒரு பிரிவு உண்டு. எட்டு வயதுக்கு மேற்பட்ட பயணி வழியில் நோயால் இறந்தால், தலைக்குப் பத்து டாலர் கட்ட வேண்டும். படிக்கும்போது வயிற்றைப் பிசைகிறது. ஆனால் கணக்குப்பிள்ளைக்குப் புரியும் மொழி அதுதான். அதுவரை வழியில் ஒருவர் செத்தால் கம்பெனிக்கு நஷ்டமே இல்லை. டிக்கெட் காசு முன்பே கைக்கு வந்துவிட்டது, சாப்பாடும் மிச்சம்.

இன்னொன்று 1891-ல் வந்த சட்டம். அமெரிக்கா ஏற்காமல் திருப்பி அனுப்பும் ஆளைக் கம்பெனி தன் செலவில் கொண்டுபோய்விட வேண்டும். அப்போதுதான் ஏற்றும் துறைமுகத்திலேயே மருத்துவச் சோதனை செய்வதில் கம்பெனிகளுக்கு அக்கறை வந்தது. 1892-ல் ஹாம்பர்க்கில் காலரா. அந்த அனுபவத்துக்குப் பிறகு ஆல்பர்ட் பாலினின் ஹபாக் கப்பல் கம்பெனி அங்கே வெட்டல் பகுதியில் குடியேறிகளுக்கென்று விடுதிகள் கட்டி 1901-ல் திறந்தது. படுக்கை, குளியல், மருத்துவர் எல்லாம் இருந்தன. பாலின் திறமைசாலி, மறுக்கவில்லை. ஆனால் சட்டம் கழுத்தில் கைவைத்த பிறகுதான் அந்தத் திறமை இந்தப் பக்கம் திரும்பியது.

பாய்மரம்:
ஐயா, கியூபெக் விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி. ஒத்துக்கொள்கிறேன்.

ஆனால் குடியேற்றத்தை ஆராய அமெரிக்க அரசே அமைத்த டில்லிங்காம் குழு 1911-ல் வெளியிட்ட அறிக்கையைப் பாருங்கள். அதன் ஆட்கள் 1908-ல் குடியேறிகள் போல வேடமிட்டு ஸ்டீரேஜில் பயணம் செய்தார்கள். 'பழைய ஸ்டீரேஜ்', 'புதிய ஸ்டீரேஜ்' என்று இரண்டு வகை ஓடுவதாக எழுதினார்கள். புதிய வகை உருவாக எது முக்கியக் காரணம் என்ற கேள்விக்கு அந்த அறிக்கை சொல்லும் பதில் போட்டி. சட்டம் போடும் தரப்பே சொன்னது இது.

கலைவாணி:
அந்த அறிக்கையை நானும் படித்திருக்கிறேன். பாய்மரம் சொன்ன வரி இருக்கிறது. அதற்கு அடுத்து வருவதையும் சொல்லியிருக்க வேண்டும்.

முதலில் பழைய ஸ்டீரேஜ் எப்படி இருந்தது என்று பார்ப்போம். ஒரு படுக்கை 6 அடி நீளம், 2 அடி அகலம், மேலே இரண்டரை அடி வெளி. பயணி தன்னுடையது என்று சொல்லிக்கொள்ளக் கப்பலில் அவ்வளவுதான் இடம். கைப்பெட்டி, துணிமணி, சாப்பிடும் தட்டு, துவாலை எல்லாம் அதற்குள்ளேதான். வைக்கோல் மெத்தை. தலையணை கிடையாது. மெத்தையின் தலைமாட்டுக்குக் கீழே செருகியிருக்கும் உயிர்காப்புச் சட்டைதான் தலையணை. தகரத் தட்டையும் கரண்டியையும் அவரவரே கழுவ வேண்டும், அதற்கு வெந்நீர் கிடைப்பது அரிது. செக் பகுதியான போஹீமியாவின் பெண்ணாக வேடமிட்டுப் போன ஓர் அதிகாரி 12 நாள் அப்படி இருந்தார். எல்லாவற்றையும்விட அவர் அழுத்தி எழுதியது கப்பல் பணியாட்கள் பெண்களிடம் நடந்துகொண்ட விதத்தை. உடை மாற்ற மறைவில்லை. பெண்கள் படுக்கும் இடத்துக்குள் ஆண் பணியாட்கள் நினைத்தபோது நுழைவார்கள். கை வைப்பார்கள். முறையிட ஆள் இல்லை. இதைப் பற்றிப் பேசும்போதெல்லாம் நாம் படுக்கையையும் சாப்பாட்டையும் மட்டுமே பேசுகிறோம். அங்கே போன பெண்களுக்குக் கதவு உள்ள ஓர் அறை என்றால் என்ன பொருள் என்பதையும் சேர்த்து யோசியுங்கள்.

புதிய ஸ்டீரேஜில் அது இருந்தது. இரண்டு, நான்கு, ஆறு, எட்டுப் பேருக்கான கேபின்கள், சாப்பாட்டு மேசை, பரிமாற ஆள். பெரும்பாலும் வட ஐரோப்பாவிலிருந்து வரும் கப்பல்களில்தான் இது. தென் ஐரோப்பாவிலிருந்தும் மத்தியதரைக்கடலிலிருந்தும் வரும் கப்பல்களில் பெரும்பாலும் பழையதே தொடர்ந்தது.

ஏன் இந்த வேறுபாடு? போட்டி என்று சொன்ன அதே அறிக்கை, கம்பெனிகள் தங்களுக்குள் பிரதேசம் பிரித்துக்கொண்டதால் அந்தப் போட்டியின் நெருக்கடி குறைந்துபோனது என்றும் சொல்கிறது. இன்ன ஊர்க்காரர்கள் இன்ன கம்பெனிக்கு என்று பங்கு. 1892-லேயே ஹபாக், வடஜெர்மன் லாயிடு, ஹாலந்து அமெரிக்கா, ரெட் ஸ்டார் நான்கும் கூட்டு வைத்து ஸ்டீரேஜ் பயணிகளைப் பிரித்துக்கொள்ளத் தொடங்கிவிட்டன. போட்டி நல்லது செய்தது, சரி. அந்தப் போட்டியைக் கொன்றது யார்? கம்பெனிகளேதான். அதற்கு அப்புறம் ஏழைக்கு யார் மிச்சம்?

ஒளிப்படப் பித்தன்:
நடுவில் ஒரு விஷயம். ஸ்டீரேஜ் என்றதும் எல்லாரும் காட்டும் படம் ஆல்பிரெட் ஸ்டீக்லிட்ஸ் 1907-ல் எடுத்தது. மேல்தளத்தில் தொப்பிக்காரர்கள், கீழே முக்காடிட்ட பெண்கள், நடுவில் குறுக்கே ஒரு வெள்ளை நடைபாலம். அமெரிக்காவுக்கு வரும் குடியேறிகள் என்று நினைத்துத்தான் பலரும் பகிர்கிறார்கள். அந்தக் கப்பல், இரண்டாம் கைசர் வில்ஹெல்ம், அப்போது நியூயார்க்கிலிருந்து ஐரோப்பாவுக்குப் போய்க்கொண்டிருந்தது. படத்தில் இருப்பவர்கள் திரும்பிப் போகிறவர்கள். எடுத்தவர் முதல் வகுப்புப் பயணி.

பாய்மரம்:
நல்ல தகவல். இது என் பக்கத்துக்கும் உதவுகிறது. திரும்பிப் போனவர்கள் ஊரில் வாய் திறந்திருப்பார்கள் இல்லையா? "அந்தக் கப்பலில் ஏறாதே, இதில் ஏறு" என்று சொல்ல ஆள் இருந்தது.

கலைவாணி அக்கா, பிரதேசப் பங்கீட்டை நான் விட்டது தவறுதான். ஆனால் வட ஐரோப்பிய வழியில் என்ன நடந்தது என்றும் பார்க்க வேண்டும். 1912 ஏப்ரல் 14 அன்று டைட்டானிக்கில் மூன்றாம் வகுப்பு மதியச் சாப்பாடு: அரிசி சூப், மாட்டிறைச்சி ரோஸ்ட், உருளைக்கிழங்கு, பிளம் புட்டிங். விரிப்பு போட்ட மேசை. அந்த உணவு அட்டையின் கீழே, சாப்பாட்டிலோ பணியாளர் நடத்தையிலோ குறை இருந்தால் உடனே பர்சரிடம் (கப்பலின் கணக்கு அதிகாரி) சொல்லவும், அடையாளத்துக்காக ஒவ்வொரு பணியாளரும் கையில் எண் வில்லை அணிந்திருக்கிறார் என்று அச்சிட்டிருந்தது. முறையிட ஆள் இல்லை என்றீர்கள். இங்கே முறையிடும் வழியை அட்டையிலேயே அச்சடித்துக் கொடுத்திருக்கிறார்கள்.

மாலுமி மகன்:
அந்த அட்டையைக் கையில் வாங்கியவர்கள் அன்று இரவு என்ன ஆனார்கள் என்பதையும் பேசுவோம்.

பிரிட்டிஷ் விசாரணையின் கணக்கு இது. முதல் வகுப்புப் பெண்கள் 144 பேரில் 140 பேர் பிழைத்தார்கள். இரண்டாம் வகுப்பில் 93-ல் 80. மூன்றாம் வகுப்பில் 165-ல் 76. மூன்றாம் வகுப்புக் குழந்தைகள் 79 பேரில் 27 பேர்தான் கரை சேர்ந்தார்கள். மீதி 52 குழந்தைகள்! மூன்றாம் வகுப்பில் 700-க்கும் மேற்பட்டோர் இருந்தார்கள், அவர்களுக்கு மொத்தம் இரண்டே குளியல் தொட்டிகள். அது போகட்டும். படகுகள் இருந்த மேல்தளம் முதல், இரண்டாம் வகுப்புக்காரர்கள் உலாவும் இடம். மூன்றாம் வகுப்புக்காரர்கள் அதுவரை அங்கே கால் வைத்ததே இல்லை. என் அப்பா முப்பது வருஷம் சரக்குக் கப்பலில் வேலை பார்த்தவர். புதுக் கப்பலில் ஏறினால், முதல் நாளே கண்ணை மூடிக்கொண்டு படகு வரைக்கும் நடந்து பார்த்துவிடுவேன் என்பார். அந்தத் தாய்மார்களுக்கு அந்த வாய்ப்பை யாரும் கொடுக்கவில்லை.

பாய்மரம்:
அந்தக் கணக்கு என்னையும் உறுத்துகிறது. ஆனால் முழுக் கணக்கையும் போடுங்கள். இரண்டாம் வகுப்பு ஆண்கள் 168 பேரில் 14 பேர்தான் பிழைத்தார்கள். மூன்றாம் வகுப்பு ஆண்கள் 462-ல் 75. காசு கூடக் கொடுத்தவர்கள் இங்கே அதிக விகிதத்தில் செத்திருக்கிறார்கள். 20 படகுகளில் மொத்தமே 1,178 பேருக்குத்தான் இடம். கப்பலில் ஏறக்குறைய 2,200 பேர். இவ்வளவு பெரிய கப்பலுக்கு அவ்வளவு படகு போதும் என்று அனுமதித்ததே பிரிட்டிஷ் வர்த்தக வாரிய விதிதான். அந்த விதியின் அட்டவணை 10,000 டன் கப்பலோடு நின்றுவிட்டது, டைட்டானிக் 46,000 டன்.

வகுப்புகளுக்கு நடுவே இருந்த கதவுகளும் சட்டம் கேட்டதுதான். நோய் பரவாமல் இருக்கக் குடியேறிகளைத் தனியே பிரித்து வைக்க வேண்டும் என்றது அமெரிக்கா. நியூயார்க்கில் குடியேறிகளைச் சோதித்த எல்லிஸ் தீவில் என்ன நடந்தது? முதல், இரண்டாம் வகுப்புக்காரர்களைக் கப்பலிலேயே மேலோட்டமாகப் பார்த்து விட்டுவிடுவார்கள். ஸ்டீரேஜ்காரர்களை மட்டும் படகில் ஏற்றித் தீவுக்குக் கொண்டுபோய் வரிசையில் நிறுத்துவார்கள். வகுப்பு என்ற கோட்டை அரசும் சேர்ந்துதான் கிழித்தது, நாகைக்காரன் ஐயா.

நாகைக்காரன்:
இதற்கு என்னிடம் மறுப்பு இல்லை. சட்டம் என்றாலே ஏழைக்குப் பாதுகாப்பு என்று நான் எழுதியது அவசரம். காற்றுக்கும் தண்ணீருக்கும் அளவு வைத்த சட்டமும் இருந்தது, ஆளைப் பார்த்துக் கதவு வைத்த சட்டமும் இருந்தது. இரண்டையும் ஒரே பையில் போட்டது என் பிழை.

ஆனால் ஒன்று. அந்தக் கதவு எதற்கு என்று கேட்டால் நோய்க்கு என்று பதில் வரும். கப்பல் மூழ்கும்போதுமா நோய்? ஒரு கதவைப் பூட்டியதையும் ஒரு பயணி அதை உடைத்ததையும் பிழைத்த அயர்லாந்து இளைஞர் ஒருவர் அமெரிக்க செனட் விசாரணையில் சொல்லியிருக்கிறார். பிரிட்டிஷ் விசாரணையோ மூன்றாம் வகுப்புப் பயணி ஒருவரைக்கூடச் சாட்சியாக அழைக்காமலே, அவர்களுக்குப் பாகுபாடு காட்டப்படவில்லை என்று முடிவெழுதியது. பாதிக்கப்பட்டவரைக் கேட்காமல் எழுதிய தீர்ப்பை எப்படி நம்புவது?

மாலுமி மகன்:
ஜான் ஹார்ட் என்ற மூன்றாம் வகுப்புப் பணியாளர், இரண்டு தடவை பெண்களையும் குழந்தைகளையும் கூட்டமாகச் சேர்த்து, வளைந்து வளைந்து போகும் வழியில் படகுத் தளம் வரை அழைத்துப் போனார். கூட வழி காட்ட ஆள் இருந்தவர்கள் போய்ச் சேர்ந்தார்கள். ஹார்ட் மாதிரி இன்னும் பத்துப் பேரை அனுப்பியிருக்கலாம். அதற்கு எந்தச் சட்டமும் தடை இல்லை, காசும் செலவில்லை.

கலைவாணி:
கேபின் கேள்விக்குத் திரும்புகிறேன், தலைப்பு அதுதானே.

அமெரிக்கா 1921-லும் 1924-லும் நாட்டுக்கு இவ்வளவு பேர்தான் என்று ஒதுக்கீடு வைத்துக் குடியேற்றத்தை அடைத்தது. கம்பெனிகளின் ஸ்டீரேஜ் காலியானது. உடனே என்ன செய்தார்கள்? அதே கீழ்த்தளத்தைச் சீர்செய்து, வண்ணம் பூசி, 'டூரிஸ்ட் மூன்றாம் வகுப்பு' என்று பெயர் வைத்து, கோடை விடுமுறைக்கு ஐரோப்பா போகும் அமெரிக்க ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் விற்றார்கள். மெத்தை வந்தது, உட்கார்ந்து பேச அறை வந்தது. இதெல்லாம் முன்பே செய்திருக்கக்கூடியதுதான். போலந்து விவசாயி படுத்த இடத்தில் பாஸ்டன் ஆசிரியை படுக்கப் போகிறார் என்றதும்தான் செய்யத் தோன்றியிருக்கிறது.

பாய்மரம்:
வேறு போக்கிடம் உள்ள பயணி வந்ததும் கம்பெனி மாறியது. நான் சொல்லும் போட்டி அதுதான் அக்கா.

நாகைக்காரன்:
போக்கிடம் இல்லாத பயணி எங்கள் ஊரில் இருந்தார். அட்லாண்டிக்கில் டூரிஸ்ட் வகுப்பு விற்றுக்கொண்டிருந்த அதே 1926-ல், சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் வழிக்கு ரஜூலா என்ற கப்பல் கட்டப்பட்டது. தொடக்கத்தில் அதற்கு 5,000-க்கும் மேற்பட்ட டெக் பயணிகளை ஏற்ற உரிமம் இருந்தது. கேபின் இல்லை, அடுக்குப் படுக்கை இல்லை. தளத்தில் பாய் விரித்துக்கொள்ள வேண்டும். சட்டப்படியான உரிமம்தான் தம்பி அது. அந்த வழியில் அவர்களுக்கு வேறு கம்பெனியும் பெரிதாகக் கிடையாது.

என் தாத்தா அந்த வழியில்தான் பினாங்கு போனார். அவர் கொண்டுபோன தகரப் பெட்டி இன்னும் எங்கள் வீட்டுப் பரணில் இருக்கிறது. மூடியின் உள்பக்கம் ஆணியால் அவர் பெயரையும் ஊரையும் கீறி வைத்திருக்கிறார். அத்தனை ஆயிரம் பேருக்கு நடுவில் பெட்டி மாறிவிடக் கூடாது என்று.