17(பி) விசாரணையில் உங்களுக்கு நடந்தது என்ன?

தபால் பிரிவு:
ஆறு வருஷம் ஆகிவிட்டது, அந்தக் காலை இன்னும் மனசை விட்டுப் போகவில்லை. 17(பி), அதாவது பெரிய தண்டனை தரக்கூடிய குற்றச்சாட்டுக் குறிப்பாணை, கொடுத்தார்கள், விளக்கம் எழுதினேன், விசாரணைக்கு இரண்டு தடவை போனேன். சஸ்பெண்ட் செய்யவில்லை, அதனால் வழக்கம்போல் தபால் பிரிவில் இருந்தேன். மாவட்ட அலுவலகத்திலிருந்து வந்த உறையைப் பிரித்து, பதிவேட்டில் எண்ணும் தேதியும் எழுதிவிட்டு, ‘பொருள்’ என்ற இடத்துக்கு வந்தபோதுதான் என் பெயரைப் பார்த்தேன். என்னை டிஸ்மிஸ் செய்த ஆணை. அதையும் பதிவேட்டில் நானே எழுதி முடித்துவிட்டுத்தான் எழுந்தேன்.

ஆணையில் ‘விசாரணை அறிக்கை பக்கம் 4-ல் கண்டபடி’ என்று ஒரு வரி. அந்த அறிக்கையை என் கண்ணில் காட்டவே இல்லை. உயர் நீதிமன்றம் அதற்காகவே ஆணையை ரத்து செய்து, அறிக்கையைக் கொடுத்து அங்கிருந்து மறுபடி தொடங்கச் சொன்னது. அப்புறம் அறிக்கை கைக்கு வந்தது. நான் எழுதிய ஆறு பக்கத்துக்கு அதில் ஒரே பதில்: ‘ஏற்கத்தக்கதாக இல்லை.’

கிளை ஊழியர்:
நான் பொதுத்துறை வங்கி. பேரேட்டின் ஜெராக்ஸை மேசையில் வைத்தார்கள், அதைப் பற்றிச் சொல்ல ஒரு சாட்சிகூட வரவில்லை. மதியம் நான் வராந்தாவில் காத்திருக்க, விசாரணை அதிகாரியும் நிர்வாகத் தரப்பில் வாதாடியவரும் ஒரே காரிலிருந்து சிரித்துப் பேசிக்கொண்டே இறங்கினார்கள். என்னைப் பார்த்ததும் பேச்சு நின்றுவிட்டது. அதுதான் உறுத்துகிறது. விசாரிக்காமல் டிஸ்மிஸ் செய்யக் கூடாது என்று அரசியலமைப்பின் 311-வது பிரிவு இருக்கும்போதே இப்படி.

ஓய்வுபெற்ற உதவியாளர்:
வங்கித் தோழரே, 311 உங்களுக்குப் பொருந்தாது. அது அரசின் சிவில் பதவிகளில் இருப்பவர்களுக்கு மட்டும். அதற்காக உங்களுக்கு ஒன்றும் இல்லை என்று விட்டுவிடாதீர்கள். அறிக்கை நகலைக் கொடுத்தே ஆக வேண்டும் என்ற 1993 கருணாகர் தீர்ப்பு ஒரு பொதுத்துறை நிறுவன ஊழியர் வழக்கில் வந்ததுதான். சாட்சி மூலம் நிரூபிக்காத ஆவணம் செல்லாது என்ற ரூப் சிங் நேகி தீர்ப்பும் வங்கி ஊழியர் வழக்கே.

என் கதை சின்னது. 2003 தமிழக அரசு ஊழியர் வேலைநிறுத்தத்தில் லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை டிஸ்மிஸ் செய்தபோது நானும் ஒருவன். விசாரணை என்ற பேச்சே இல்லை. பலகையில் ஒட்டிய பட்டியலில் என் பெயர் தப்பாக இருந்தது. அது நான்தானா என்று கேட்கக்கூட ஆளில்லை.

இதைப் படிக்கும் இளைய தோழர்களுக்கு: குறிப்பாணையை வாங்க மறுக்காதீர்கள், நீங்கள் இல்லாமலே விசாரணை முடிந்துவிடும். ஆவண நகல்களை எழுத்தில் கேளுங்கள், கேட்டதற்கு ஒப்புதல் வாங்குங்கள். குறுக்கு விசாரணைக்கு விடவில்லை என்றால், விடவில்லை என்பதை அன்றைய நடவடிக்கைக் குறிப்பிலேயே எழுதச் சொல்லுங்கள். படிக்காமல் கையெழுத்துப் போடவே போடாதீர்கள். சஸ்பெண்டில் இருந்தால் பிழைப்பூதியத்தை, அதாவது அந்தக் காலத்துக்குத் தரும் பகுதிச் சம்பளத்தை, விடாமல் கேளுங்கள். அது கிடைக்காததால் விசாரணைக்கு வர முடியாமல் போனவருக்கு 1999-ல் பால் அந்தோணி வழக்கில் நியாயம் கிடைத்தது. அப்புறம், ஆணையில் யார் கையெழுத்து என்று பாருங்கள். அரசு ஊழியரை, நியமித்தவருக்குக் கீழே உள்ள அதிகாரி டிஸ்மிஸ் செய்ய முடியாது.

விசாரணை அலுவலர்:
நாங்கள் எல்லோரும் முடிவெடுத்துவிட்டுத்தான் உட்காருகிறோம் என்பதுபோல் எழுதுகிறீர்கள், அது சரியில்லை. நான் விசாரித்த ஒரு ஓட்டுநர், சாட்சியிடம் ஒரே கேள்விதான் கேட்டார்: “அன்னைக்கு நீங்க என்னைப் பாத்தீங்களா?” சாட்சி வெகுநேரம் மேசையையே பார்த்துக்கொண்டிருந்தார். “இல்லைங்க. பாத்ததா எழுதிக் குடுக்கச் சொன்னாங்க.” அதை அப்படியே பதிந்தேன். ‘நிரூபணம் ஆகவில்லை’ என்று அறிக்கை கொடுத்தேன். மேலே அதை ஏற்காமல் நேரே டிஸ்மிஸ் செய்துவிட்டார்கள். ஏற்காமல் இருக்க அதிகாரம் உண்டு. ஆனால் ஏன் ஏற்கவில்லை என்று எழுதிக் கொடுத்து, அவர் விளக்கத்தைக் கேட்ட பிறகுதான் முடிவெடுக்க வேண்டும். உச்ச நீதிமன்றம் 1998-லேயே சொல்லிவிட்டது. அவர் என்னைத் தேடி வந்து, “நீங்க எனக்குச் சாதகமா எழுதினதா சொன்னாங்களே சார்?” என்று கேட்டார்.

தபால் பிரிவு:
சார், அவர் மேல்முறையீடு செய்தாரா?

விசாரணை அலுவலர்:
செய்தார். மனுவை நான்தான் எழுதிக் கொடுத்தேன். இன்னும் நிலுவையில் இருக்கிறது.