கல்யாணி சித்திக்கு வந்த வருமான வரி நோட்டீஸ்

வாட்ஸ்அப் குழு: சுப்பையா தாத்தா வீடு

2024 செப்டம்பர் 9, திங்கள்

கல்யாணி, மாலை 6:12
வருமான வரித்துறையிலிருந்து மெயில் வந்திருக்கிறது. ஜூலையில் ரிட்டர்ன் தாக்கல் செய்தோமே, அதில் எனக்கு 28,400 ரூபாய் திரும்பி வர வேண்டும். என் பான், அதாவது வரிக் கணக்கு எண், செயல்படாத நிலையில் இருக்கிறதாம், ஆதாரோடு இணைக்கவில்லையாம், அதனால் பணம் தர முடியாதாம். நான் ஏதாவது தப்பு செய்துவிட்டேனா?

கல்யாணி, மாலை 6:13
(புகைப்படம்)

முத்துக்குமார், மாலை 6:20
சித்தி, முதலில் அந்தப் படத்தை அழித்துவிடுங்கள். பான் எண், பிறந்த தேதி, வீட்டு முகவரி எல்லாம் அப்படியே தெரிகிறது. நம் ஆட்கள்தான், ஆனாலும் இத்தனை பேர் போனில் அது கிடக்க வேண்டாம். எனக்குத் தனியாக அனுப்புங்கள், இன்று இரவே பார்த்துச் சொல்கிறேன்.

கல்யாணி, மாலை 6:24
அழித்துவிட்டேன்.

வள்ளி, மாலை 6:31
அக்கா, எனக்கும் நேற்று ஒன்று வந்தது. "உங்கள் பான் இன்றிரவு முடக்கப்படும், உடனே இந்த லிங்க்கைத் தொட்டு ஆதார் விவரம் கொடுக்கவும்" என்று. நீ பயப்படுவாய் என்று சொல்லவில்லை. போனில் ஆப் ஏற்றுகிற ஏபிகே ஃபைல் ஒன்றும் கூட வந்திருக்கிறது.

முத்துக்குமார், மாலை 6:33
வள்ளி சித்தி, அதைத் தொடவே தொடாதீர்கள்! அந்த ஃபைலைத் திறந்தால் போனில் வரும் ஓடிபி எல்லாம் அவன் கைக்குப் போய்விடும். உடனே அழித்து, அந்த எண்ணை பிளாக் செய்யுங்கள். வருமான வரித்துறை வாட்ஸ்அப்பில் ஏபிகே அனுப்பாது, ஓடிபியோ வங்கி பின் நம்பரோ கேட்காது.

வள்ளி, மாலை 6:36
தொடவில்லை. அழித்தாயிற்று.

சங்கரன், மாலை 6:40
அப்படியானால் கல்யாணி அக்காவுக்கு வந்ததும் போலிதானோ?

முத்துக்குமார், இரவு 8:55
பார்த்துவிட்டேன் மாமா, உண்மையானதுதான். 2019 அக்டோபர் 1-க்குப் பிறகு துறை அனுப்பும் நோட்டீஸ், உத்தரவு எல்லாவற்றிலும் டின் என்ற ஆவண எண் இருக்க வேண்டும். துறையின் இ-ஃபைலிங் தளத்தில் லாகின் செய்யாமலே அந்த எண்ணைப் போட்டுச் சரிபார்க்க ஓர் இடம் இருக்கிறது. சித்தியின் கடிதத்தில் இருந்த எண்ணைப் போட்டேன், துறை அனுப்பியதுதான் என்று காட்டியது. கடிதத்தில் இருக்கும் லிங்க்கைத் தொட வேண்டாம். தளத்தின் முகவரியை நாமே டைப் செய்து போக வேண்டும். கடைசியில் ஜிஓவி டாட் இன் என்று முடிகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

சித்தி, உங்கள் மேல் ஒரு தப்பும் இல்லை. இது வரி ஏய்ப்பு நோட்டீஸும் இல்லை. பானிலும் ஆதாரிலும் உள்ள பெயர் பொருந்தவில்லை, அவ்வளவுதான்.

பிரியா, இரவு 9:10
அண்ணா, இது என் தப்பு. 2023 ஜூன் கடைசி வாரத்தில் நான்தான் 1,000 ரூபாய் கட்டி இணைக்கப் பார்த்தேன். பெயர் பொருந்தவில்லை என்று வந்தது. அப்புறம் ஆபீஸ் வேலையில் விட்டுவிட்டேன். அம்மாவிடம் "ஆச்சு" என்று வேறு சொல்லிவிட்டேன்.

முத்துக்குமார், இரவு 9:14
பரவாயில்லை பிரியா. 2023 ஜூன் 30 தான் கடைசி நாள். ஜூலை 1 முதல் இணைக்காதவர்கள் பான் செயல்படாமல் போனது. பணம் கட்டிய சலானை எடுத்து வை. பெயரைத் திருத்திவிட்டு அதே பணத்தை வைத்தே திரும்ப விண்ணப்பிக்கலாம், இன்னொரு 1,000 கட்ட வேண்டாம்.

கல்யாணி, இரவு 9:20
வட்டியில் வரி பிடிக்க வேண்டாம் என்று ஏப்ரலில் 15எச் படிவம் எழுதிக் கொடுத்தும் வங்கியில் பிடித்தார்களே, அதற்கும் இதுதான் காரணமா?

முத்துக்குமார், இரவு 9:27
ஆமாம் சித்தி. பான் செயல்படவில்லை என்றால் பான் கொடுக்காதவர் கணக்கில் வைத்துவிடுவார்கள், 15எச் செல்லாது. 10 சதவீதம் பிடிக்க வேண்டிய இடத்தில் 20 பிடிப்பார்கள். போன நிதியாண்டில் உங்கள் எஃப்டி, அதாவது நிலையான வைப்பு, வட்டி 1,42,000. அதில் 20 சதவீதம்தான் இந்த 28,400. பென்ஷனையும் சேர்த்துப் பார்த்தாலும் கழிவுகள் போக 5 லட்சத்துக்குள் வருகிறது. நீங்கள் ஒரு ரூபாய்கூட வரி கட்ட வேண்டியதில்லை. அத்தனையும் உங்கள் பணம்.

சங்கரன், இரவு 9:35
ஏன் இவ்வளவு சுற்று? ஆதாரை வைத்து ஆன்லைனில் இலவசமாக புது பான் கொடுக்கிறார்களாமே. அதை எடுத்துவிட்டால் ஆதார் பெயரிலேயே வந்துவிடும்.

முத்துக்குமார், இரவு 9:38
மாமா, அது மட்டும் வேண்டவே வேண்டாம். அது பானே இல்லாதவர்களுக்கு. ஒருவருக்கு ஒரு பான்தான். இரண்டு வைத்திருந்தால் 10,000 ரூபாய் அபராதம் போட சட்டத்தில் இடம் இருக்கிறது. பெயர் மாறினாலும் எண் மாறாது. பழைய எண்ணைத்தான் சரிசெய்ய வேண்டும்.

சங்கரன், இரவு 9:40
சரி தம்பி. நல்லவேளை கேட்டேன்.

2024 செப்டம்பர் 10, செவ்வாய்

முத்துக்குமார், காலை 7:05
நேற்று முழுசாக எழுத முடியவில்லை. எல்லோரும் படியுங்கள், நம் வீட்டில் பாதிப் பேருக்கு இது வரும்.

சித்தியின் பானில் "கல்யாணி சுப்பையா" என்று இருக்கிறது. ஆதாரில் சித்தப்பா பெயரோடு "கல்யாணி ராமசாமி". நமக்கு இரண்டும் ஒரே ஆள். கம்ப்யூட்டருக்கு வேறு வேறு ஆள்.

பான் விண்ணப்பத்தில் முதல் பெயர், நடுப்பெயர், கடைசிப் பெயர் என்று மூன்று கட்டம். கடைசிப் பெயரைக் கட்டாயம் நிரப்ப வேண்டும், அங்கே இனிஷியல் மட்டும் போட்டால் ஏற்க மாட்டார்கள். நமக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. எஸ். கல்யாணி என்றால் எஸ் என்பது தாத்தா. அதனால் தாத்தாவின் பெயரைக் கடைசிக் கட்டத்தில் எழுதிவிடுகிறோம். பான் எண்ணில் 4-ஆவது எழுத்து பி என்றால் தனிநபர், 5-ஆவது எழுத்து அந்தக் கடைசிப் பெயரின் முதல் எழுத்து. சித்தி, உங்கள் எண்ணைப் பாருங்கள், 5-ஆவது எழுத்து எஸ். தாத்தா அங்கே இருக்கிறார்.

ஆதார் முகாமில் அப்படிக் கட்டங்கள் கிடையாது. சொன்னதை அப்படியே டைப் செய்தார்கள். கல்யாணம் ஆன பெண் என்றால் பலருக்குக் கணவர் பெயரைச் சேர்த்துவிட்டார்கள். இனிஷியல் விரிந்ததா சுருங்கியதா என்ற மாதிரி சின்ன வித்தியாசம் என்றால் ஆதார் ஓடிபி போட்டால் இணைந்துவிடும். பாதிப் பெயரே வேறு என்றால் இணையாது.

வள்ளி, காலை 7:22
எனக்கும் அவர் பெயர்தான் ஆதாரில். பானில் என்ன என்று பார்க்க வேண்டும்.

பிரியா, காலை 7:30
அம்மாவுக்கு பிறந்த தேதியும் இடிக்குமா அண்ணா? ஆதாரில் 1958 என்று ஆண்டு மட்டும் இருக்கிறது. பானில் முழுத் தேதி.

முத்துக்குமார், காலை 7:34
அதைத் தொட வேண்டாம். ஆதாரில் ஆண்டு மட்டும் உள்ளவர்களுக்கு என்று இணைக்கும் பக்கத்தில் ஒரு சின்னக் கட்டம் இருக்கிறது, அதை டிக் செய்தால் போதும். ஆதாரில் பிறந்த தேதியை வாழ்நாளில் ஒரே ஒருமுறைதான் மாற்ற முடியும், அதை வீணாக்க வேண்டாம். பெயரை இரண்டு முறை மாற்றலாம்.

இப்போது சித்தி முடிவு செய்ய வேண்டியது ஒன்றுதான். பானை மாற்றுவதா, ஆதாரை மாற்றுவதா?

பானை மாற்றினால் 107 ரூபாய். கல்யாணத்தால் பெயர் மாறியதற்குத் திருமணச் சான்றிதழ் அல்லது கல்யாணப் பத்திரிகை வைக்கலாம்.

வள்ளி, காலை 7:41
அக்கா கல்யாணப் பத்திரிகை என்னிடம் இருக்கிறது! 1984. ஓரத்தில் தடவிய மஞ்சள்கூடப் போகவில்லை. அப்பா கோவில்பட்டியில் நின்று அச்சடித்தது.

முத்துக்குமார், காலை 7:45
பத்திரமாக வையுங்கள் சித்தி. ஆனால் பானை மாற்றினால் பென்ஷன் புத்தகம், வங்கிக் கணக்கு, எஃப்டி எல்லாம் தனித்தனியாகப் பொருந்தாமல் போகும். அவை எல்லாம் எஸ். கல்யாணிதான். ஒற்றையாக நிற்பது ஆதார் மட்டும். எது ஒற்றையாக நிற்கிறதோ அதை மாற்றுவதே நல்லது என்று எனக்குத் தோன்றுகிறது.

கல்யாணி, காலை 8:50
இவ்வளவு நேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடத்தில் 34 வருடம் நான் எஸ். கல்யாணி டீச்சர். அதில் எனக்குக் குறையே இல்லை. ஆனால் ஆதார் எடுக்கப் போன அன்று பக்கத்தில் நின்று "என் பெயரையே போடச் சொல்" என்றது உங்கள் சித்தப்பா. அவர் போய் 5 வருடம் ஆகிறது. இப்போது நானாகப் போய் அவர் பெயரை எடுக்கச் சொல்வதா?

பிரியா, காலை 8:53
அம்மா.

முத்துக்குமார், காலை 9:02
சித்தி, மன்னித்துக்கொள்ளுங்கள், நான் வெறும் காகிதமாகப் பார்த்துவிட்டேன். ஒன்று சொல்கிறேன். ஆதாரில் முகவரிக்கு மேலே கணவர் பெயர் தனியாக அச்சாகும். அது அப்படியே இருக்கட்டும் என்று சொல்லிவிடலாம். உங்கள் பெயரில் தாத்தா, கீழே முகவரியில் சித்தப்பா. கார்டை விட்டு அவர் போக மாட்டார்.

அதுவும் மனதுக்கு ஒப்பவில்லை என்றால் பானையே மாற்றுவோம். மற்றவற்றை ஒவ்வொன்றாக நான் கூட இருந்து மாற்றித் தருகிறேன். நீங்கள் சொல்வதுதான்.

கல்யாணி, காலை 10:15
முகவரியில் அவர் இருந்தால் போதும். ஆதாரை மாற்றிவிடலாம்.

செந்தில், பகல் 12:30
அத்தை, சிங்கப்பூரிலிருந்து இப்போதுதான் எல்லாம் படித்தேன். முத்து அத்தான், நானும் இணைக்கவில்லையே?

முத்துக்குமார், பகல் 12:41
வெளிநாட்டில் வசிப்பவர்களுக்கு விலக்கு உண்டு. ஆனால் நீ அங்கே வசிக்கிறாய் என்பது துறையின் பதிவில் இருக்க வேண்டும். இல்லை என்றால் உன் பானும் முடங்கியிருக்கும். லாகின் செய்து பார். முடங்கியிருந்தால் பாஸ்போர்ட் நகலோடு உன் பகுதி வரி அதிகாரிக்கு எழுத வேண்டும். ஆச்சிக்கு 84, 80 தாண்டியவர்களுக்கும் விலக்கு. அவர்களை யாரும் மையத்துக்கு அலைக்கழிக்காதீர்கள்.

2024 செப்டம்பர் 12, வியாழன்

கல்யாணி, பகல் 1:15
தாலுகா ஆபீஸ் ஆதார் மையம் போய்வந்தேன். 50 ரூபாய் வாங்கினார்கள். பான் கார்டைத்தான் ஆதாரமாகக் கொடுத்தேன். அந்தப் பெண் ஆங்கிலத்தில் டைப் செய்ததும் திரையைத் திருப்பிக் காட்டச் சொன்னேன். முத்து சொன்னபடி பானில் உள்ளதோடு எழுத்து எழுத்தாக ஒப்பிட்டேன். சுப்பையாவில் ஒரு எழுத்து குறைந்திருந்தது, திருத்திவிட்டாள். தமிழில் வந்ததையும் பார்த்தேன். கணவர் பெயர் அப்படியே இருக்கிறது.

முத்துக்குமார், பகல் 1:20
அந்த ஒரு எழுத்துக்காக இன்னொரு முறை அலைந்திருப்பீர்கள் சித்தி. ரசீதைப் பத்திரமாக வையுங்கள். அதில் உள்ள எண்ணை வைத்து எங்கே நிற்கிறது என்று பார்க்கலாம். ஏதாவது சந்தேகம் என்றால் 1947-க்குக் கூப்பிடலாம், அது ஆதார் உதவி எண்.

2024 செப்டம்பர் 23, திங்கள்

பிரியா, இரவு 8:05
அம்மா ஆதார் மாறிவிட்டது! இப்போது "கல்யாணி சுப்பையா". முத்து அண்ணா வீடியோ காலில் இருக்க, இணைக்கும் விண்ணப்பமும் கொடுத்தாயிற்று. பழைய 1,000 ரூபாயை அதுவே எடுத்துக்கொண்டது. ஓடிபி அப்பா போனுக்குத்தான் வந்தது. அந்த சிம்மை அம்மா இன்னும் ரீசார்ஜ் செய்து வைத்திருக்கிறார்கள்.

சங்கரன், இரவு 8:11
அத்தான் கடைசிவரை கூடவே இருக்கிறார்.

முத்துக்குமார், இரவு 8:14
30 நாளுக்குள் பான் செயல்பாட்டுக்கு வந்துவிடும். அதற்குள் ரீஃபண்டுக்காக எதையும் அழுத்த வேண்டாம்.

2024 அக்டோபர் 14, திங்கள்

முத்துக்குமார், காலை 10:40
சித்தியின் பான் செயல்பாட்டில் இருக்கிறது என்று தளம் காட்டுகிறது. வங்கிக் கணக்கும் பெயர் பொருந்திச் சரிபார்க்கப்பட்டதாக வந்துவிட்டது. ரீஃபண்டை மறுபடி அனுப்பக் கேட்டு விண்ணப்பம் கொடுத்துவிட்டேன். முடங்கியிருந்த காலத்துக்கு வட்டி கிடைக்காது, அதுதான் நஷ்டம்.

2024 நவம்பர் 12, செவ்வாய்

கல்யாணி, காலை 9:18
28,400 கணக்கில் வந்துவிட்டது. முத்து, நீ நன்றாக இருக்க வேண்டும். புது ஆதார் கடிதமும் தபாலில் வந்தது. மேலே அப்பா பெயர், கீழே அவர் பெயர். பூஜை அறையில் இரண்டு பேர் படத்துக்கும் முன்னால் வைத்து எடுத்தேன்.

வள்ளி, காலை 9:25
என் பானைத் தேடி எடுத்துவிட்டேன். அதிலும் அப்பா பெயர்தான். முத்து, உனக்குத் தனியாக அனுப்புகிறேன், குழுவில் போடவில்லை.

முத்துக்குமார், காலை 9:31
அனுப்புங்கள் வள்ளி சித்தி. கல்யாணி சித்தி, இன்னொரு வேலை பாக்கி இருக்கிறது. ஏப்ரலில் கொடுத்த 15எச் செல்லாமல் போனதால் இந்த வருடமும் வங்கியில் பிடித்துக்கொண்டே இருப்பார்கள். இப்போதே புதிதாக ஒன்று கொடுங்கள். பான் சரியாகிவிட்டது என்று சொல்லி, அவர்கள் கம்ப்யூட்டரில் பார்க்கச் சொல்லுங்கள். இதுவரை பிடித்ததை அடுத்த ஜூலை ரிட்டர்னில் கேட்டு வாங்கலாம்.

கல்யாணி, காலை 9:34
இப்போதே கிளம்புகிறேன். ரசீதில் முத்திரை வாங்கி வைக்கிறேன்.